தோல் உரித்த சாசேஜ்

ரெக்ஸ் பர்ட்டன் ஆஸ்பத்திரியிலிருந்து வீடு திரும்பிய வாரம், அந்த வீட்டுக்கு யார் யார் என்றைக்குச் சாப்பாடு கொண்டுபோவது என்று பட்டியல் போடும் வேலை என் தலையில் விழுந்தது. அல்வர்ஸ்டன் ஊருக்கு மேலே எங்கள் செம்மண் மேட்டில் யாருக்காவது துன்பம் வந்தால், மாலை ஐந்தரைக்குள் ஒருத்தி சூடான பாத்திரத்தைத் துண்டில் சுற்றிக்கொண்டு அந்த வீட்டின் பின்வாசலில் நிற்பாள். பாத்திரத்தின் அடியில் டேப் ஒட்டி அவள் பெயர் எழுதியிருக்கும். கழுவித் திருப்பித் தரும்போது அதற்குள் நாலு எலுமிச்சையோ ஒரு பாட்டில் ஜாமோ இருக்கும். வெறும் பாத்திரத்தை யாரும் திருப்பித் தரமாட்டார்கள்.

நான் காகிதத்தில் கட்டம் போட்டுப் பெயர்களை எழுதினேன். திங்கள் எனக்கு. எய்ல்சா ஹிங்ஸ்டனின் பெயரை மட்டும் எழுதவில்லை. எழுதாதே என்று யாரும் சொல்லவில்லை, நானாகத்தான் விட்டேன். ரெக்ஸின் வலது கையைத் தின்ற மிஷினை இழுத்துக்கொண்டிருந்த டிராக்டரில் உட்கார்ந்திருந்தவன் எய்ல்சாவின் கணவன் மர்ரே.

இரண்டு பண்ணைகளுக்கும் நடுவில் ஒரு வேலிதான். அந்த வருடம்தான் முதல்முறையாக இரண்டு வீட்டாரும் கூட்டாக ஒரு பழைய கிழங்கு பிடுங்கும் மிஷினை வாங்கியிருந்தார்கள். ஏப்ரல் மாதம், ரெக்ஸின் நிலத்தில் வேலை. மர்ரே டிராக்டரில், எய்ல்சா மிஷின் மேல்தட்டில் நின்று கல்லையும் மண்கட்டியையும் பொறுக்கிப் போட்டுக்கொண்டிருக்கிறாள், ரெக்ஸ் கூடவே நடந்து வருகிறான். கிழங்குக் கொடி சுற்றி மிஷினின் சங்கிலி இறுகி நின்றது. மர்ரே மிஷினை நிறுத்தினான். ரெக்ஸ் வலது கையை உள்ளே விட்டுக் கொடியை இழுத்தான். பிறகு மிஷின் ஓடியது.

ரெக்ஸ் கையைத் தூக்கிக் காட்டினான், அதனால்தான் ஓட்டினேன் என்று மர்ரே எல்லாரிடமும் சொன்னான். ஒரு கை சங்கிலிக்குள் இருக்கும்போது போகலாம் என்று எவனாவது மறு கையைத் தூக்குவானா என்று ரெக்ஸின் மனைவி க்ளெனிஸ் கேட்டாள். ரெக்ஸுக்கு எதுவுமே நினைவில் இல்லை. எய்ல்சா தன் ஏப்ரனைக் கிழித்து அவன் முழங்கைக்கு மேல் இறுக்கிக் கட்டி, ஆம்புலன்ஸ் வரும்வரை மண்ணில் உட்கார்ந்து பிடித்துக்கொண்டிருந்தாள். அவள் கட்டியிராவிட்டால் ஆளே மிஞ்சியிருக்கமாட்டான் என்று டாக்டர் சொன்னதாகக் கேள்வி. ஆனாலும் இருபத்திரண்டு வருடப் பழக்கம் அன்றோடு நின்றது. க்ளெனிஸ் அந்த வேலிப் பக்கம் திரும்பக்கூட இல்லை.

நாங்களும் எங்கள் பங்குக்கு நன்றாகவே சமைத்தோம். ஆட்டுச் சாப்ஸ், உப்புக்கண்ட மாட்டிறைச்சி, கோழித்தொடை. ரெக்ஸ் ஒன்றையும் தொடவில்லை. தினமும் தட்டின் முன்னால் உட்காருவான், க்ளெனிஸ் குனிந்து அவனுக்காக இறைச்சியை வெட்டத் தொடங்குவாள், அவன் தட்டைத் தள்ளிவிட்டு எழுந்துபோய்விடுவான். மூன்றாவது வாரம் க்ளெனிஸ் போன் செய்தாள்.

"ஆறு கிலோ எறங்கிட்டான், வால்டா. பெல்ட்டுல ஆணி அடிச்சுப் புது ஓட்டை போட்டிருக்கேன். இப்படியே போனா கிழங்கு மூட்டைக்குப் போடற சாக்கைத்தான் மாட்டிவிடணும்."

அவள் சிரிக்க முயன்றாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. எலும்பில்லாத ஏதாவது செய்யலாமே என்று அந்தப் போனை வைத்த பிறகும் எனக்குத் தோன்றவில்லை. இதை எழுதும்போது வெட்கமாக இருக்கிறது.

அடுத்த திங்கட்கிழமை மூன்று மணி இருக்கும். எய்ல்சா என் சமையலறைக்குள் வந்து மேசைமேல் ஒரு பாத்திரத்தை வைத்தாள். பழுப்பு நிறப் பீங்கான், மூடி ஓரத்தில் சின்ன விள்ளல். எங்கள் மேட்டில் கிழங்கு அறுவடையின் கடைசி நாளன்று அந்தப் பாத்திரத்திலிருந்து சாப்பிடாதவர்கள் கிடையாது.

இன்றைக்கு உன் முறைதானே, இதை உன்னுடையது என்று சொல்லிக் கொடுத்துவிடு என்றாள். நான் பாத்திரத்தைத் தூக்கி அடியைப் பார்த்தேன். டேப்பைப் பிய்த்து எடுத்திருந்தாள். பசை மட்டும் நீளமாகக் கறுத்துக் கிடந்தது.

"கண்டுபிடிச்சிடுவா எய்ல்சா."

"அவ கண்டுபிடிக்கட்டும். அதுக்குள்ள அவன் சாப்பிட்டிருப்பான்ல."

மூடியைத் திறந்து பார்த்தேன். சாசேஜும் உருளைக்கிழங்கும் வெந்து, மேலே சீஸ் பொன்னிறமாகக் கட்டியிருந்தது. வழக்கமாக அவள் கிழங்கை வட்டவட்டமாக அடுக்குவாள். இந்த முறை எல்லாம் சின்னச் சின்னத் துண்டு, கட்டைவிரல் நகத்தைவிடப் பெரிதாக ஒன்றுகூட இல்லை. ஏனடி இப்படி என்று கேட்டேன். இடது கையில் முள்கரண்டி மட்டும்தானே பிடிக்க முடியும், குத்தினால் வர வேண்டாமா என்று என்னையே திருப்பிக் கேட்டாள்.

ஐந்தரைக்குப் பர்ட்டன் வீட்டுப் பின்வாசலில் கொடுத்தேன். க்ளெனிஸ் பாத்திரத்தைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள், நன்றி என்றாள். நான் காரை நோக்கி ஓடாத குறை.

மறுநாள் காலை பத்து மணிக்கு அவளே வந்தாள். ஒரு கையில் கழுவிய பாத்திரம், மறு கையில் கடைப் பை. பாத்திரத்தை மேசையில் வைத்தாள். உள்ளே ஒன்றுமில்லை. எலுமிச்சை இல்லை, ஜாம் இல்லை, வெறும் பாத்திரம்.

"இது யார் பாத்திரம்?"

"என்னுதுதான்."

"வால்டா, உன் கல்யாணத்துலேர்ந்து உன் சமையலைச் சாப்பிட்டுட்டு வரேன். நீ செஞ்ச சாசேஜ் டிராக்டர் டயர் மாதிரி இருக்கும். உன் வாழ்க்கையில ஒரு சாசேஜுக்காவது நீ தோல் உரிச்சிருக்கியா?"

ரெக்ஸுக்கு மேல்வரிசை கட்டுப்பல். சாசேஜ் தோல் அதில் சிக்கும். அது தெரிந்து தோல் உரித்துச் செய்கிறவள் இந்த மேட்டில் ஒருத்திதான்.

க்ளெனிஸ் நாற்காலியில் உட்கார்ந்தாள். அவன் இரண்டு தடவை போட்டுக்கொண்டு சாப்பிட்டானாம். யாரும் வெட்டித் தரவில்லை, யாரும் பக்கத்தில் நிற்கவில்லை, தானே சாப்பிட்டானாம். காலையில் எழுந்ததும் மிச்சம் இருக்கிறதா என்று கேட்டானாம். இதையெல்லாம் அவள் என்னவோ சாவுச்செய்தி மாதிரிச் சொன்னாள்.

"மூணு வாரமா குழந்தைக்கு வெட்டற மாதிரி அவன் தட்டுல வெட்டிக்கிட்டு இருக்கேன். உள்ளேயே சின்னதா வெட்டிக் கொண்டுவந்து வைக்கணும்னு எனக்குத் தோணல. அவளுக்குத் தோணியிருக்கு."

பிறகு பையிலிருந்து சாசேஜ் பொட்டலத்தையும் கிழங்கையும் எடுத்து வைத்தாள். அந்த வீட்டுச் சாப்பாடு இனி தன் வாசல்படி ஏறக்கூடாது, ஆனால் ரெக்ஸ் சாப்பிட வேண்டும், ஆகவே அதை எப்படிச் செய்வது என்று அவளிடம் கேள் என்றாள். நீயே கேளேன் என்றேன். தன் வாயால் கேட்பதாக இல்லை என்றாள்.

போன் சமையலறைச் சுவரில்தான் இருந்தது. எய்ல்சா முதல் மணியிலேயே எடுத்தாள்.

அப்புறம் அரைமணி நேரம் நான் இரண்டு பேருக்கும் நடுவில் நின்றேன். சாசேஜை முதலில் தண்ணீரில் லேசாக வேகவைக்க வேண்டும், அப்போதுதான் தோல் கழன்று வரும் என்று எய்ல்சா சொல்வாள், நான் திரும்பிச் சொல்வேன், க்ளெனிஸ் தலையாட்டாமல் செய்வாள். கிழங்கை அரைவேக்காட்டில் எடு. வெங்காயத்தை மாட்டுக்கொழுப்பில் வதக்கு. மாவு ஒரு கரண்டி, கடுகுத்தூள் ஒரு ஸ்பூன். புளிப்பு ஆப்பிள் ஒன்றைத் துருவிப் போடு. ஆப்பிளா என்று க்ளெனிஸ் கேட்டாள். அதை நான் போனில் கேட்டேன். அதுதான் அவன் கேட்டுக் கேட்டுச் சாப்பிடுவதற்குக் காரணம், அவனுக்கே தெரியாது என்று பதில் வந்தது. குழம்பு கெட்டியாக இருக்கட்டும், தண்ணீராக இருந்தால் முள்கரண்டியில் நிற்காது.

"கெட்டியா இருக்கணுமாம், க்ளெனிஸ்."

"காதுல விழுந்துது."

உண்மையில் அவளுக்கு எல்லாமே கேட்டிருக்க வேண்டும். எய்ல்சாவின் குரல் அப்படி. மூன்றாவது சாசேஜில் தோலை உரித்துக்கொண்டே, தலையைத் தூக்காமல் க்ளெனிஸ் சொன்னாள்:

"அவகிட்ட கேளு. ரெக்ஸ் கையைத் தூக்கினானா?"

நான் கேட்கவில்லை. கேட்கவும் வேண்டியிருக்கவில்லை. அந்தப் பக்கம் எய்ல்சாவுக்கே கேட்டுவிட்டது.

"தூக்கினான்னு சொல்லு வால்டா. இடது கையைத் தூக்கினான். மர்ரே பொய் சொல்லல." எய்ல்சா மூச்சு வாங்கினாள். "ஆனா அவங்க பண்ணையில கையைத் தூக்கினா அப்படியே நிறுத்துன்னு அர்த்தம். எங்க பண்ணையில கையைத் தூக்கினா முடிஞ்சுது, கிளம்புன்னு அர்த்தம். மர்ரேயோட அப்பா நாள்லேர்ந்தே அப்படித்தான். ரெண்டு பேரும் சேர்ந்து அதுவரைக்கும் மிஷின் ஓட்டினதில்ல. அன்னிக்குக் காலையில ஒரு தடவை ரெக்ஸ் கையைத் தூக்கினான், மர்ரே கிளம்பிட்டான், ரெக்ஸ் ஒதுங்கி நின்னு திட்டினான். இவங்க ரெண்டு பேரும் வேற வேற பாஷை பேசறாங்கன்னு நான் அப்பவே பார்த்தேன். டீ நேரத்துல சொல்லிடணும்னு நெனச்சேன். டீ நேரம் வந்துது. ஸ்கோன் பன்னுல வெண்ணெய் தடவிக்கிட்டு இருந்தேன், அது பாட்டுக்கு மறந்துபோச்சு."

நான் போனின் வாயைப் பொத்திக்கொண்டு நின்றேன். என்ன சொல்கிறாள் என்று க்ளெனிஸ் கேட்டாள். நீ கேட்டிருப்பாயே என்றேன். நீ சொல் என்றாள். ஒரு வார்த்தை விடாமல் சொன்னேன். ஸ்கோனையும் சொன்னேன், வெண்ணெயையும் சொன்னேன்.

க்ளெனிஸ் கையிலிருந்த சாசேஜை முழுவதும் உரித்தாள். அதைச் சின்னச் சின்னதாக வெட்டினாள். பிறகு அடுத்ததை எடுத்தாள். எல்லாவற்றையும் பாத்திரத்தில் போட்டு, குழம்பை ஊற்றி, மேலே சீஸைத் தூவிய பிறகுதான் பேசினாள்.

"ஓவன்ல எத்தனை நேரம்?"

எய்ல்சாவிடம் கேட்டு, நூற்றெண்பது டிகிரியில் முக்கால் மணி நேரம் மூடிவைத்து, கால் மணி நேரம் திறந்துவைத்து என்றேன்.

"அவன் ராத்திரியெல்லாம் கூரையைப் பார்த்துக்கிட்டுக் கெடக்கான், வால்டா. என் பேர்ல என்னவோ தப்பு, ஏதோ முட்டாள்தனம் பண்ணிட்டேன், என்னன்னுதான் தெரியலைங்கறான். அதான் சோறு எறங்கல. முள்கரண்டி மட்டும் காரணம் இல்ல." அவள் சுவரில் இருந்த போனைப் பார்த்துப் பேசினாள், என்னைப் பார்த்து அல்ல. "வியாழக்கிழமை சாயங்காலம் சாப்பாட்டு நேரத்துக்கு வரச்சொல்லு. எனக்குச் சொன்னதை அவன்கிட்ட சொல்லட்டும். மர்ரே வேண்டாம், அவ மட்டும்."

நான் சொன்னேன். அந்தப் பக்கம் எய்ல்சா மெதுவாக, என்ன கொண்டுவரட்டும் என்று கேட்டாள். பழக்கம். எங்களில் யாராக இருந்தாலும் அதைத்தான் கேட்டிருப்போம்.

"ஒண்ணும் வேண்டாம்னு சொல்லு," என்றாள் க்ளெனிஸ். "வெறும் கையோட வரணும். பாத்திரத்தை நீட்டறது, நான் வாங்கறது, சூடா இருக்கு பாத்துன்னு சொல்றது, அந்தச் சாக்குல பேச்சு எங்கேயோ போறது, அதெல்லாம் வேண்டாம்."

"அப்படி வந்தா நீ என்ன சொல்லுவேன்னு கேக்கறா."

"எனக்குத் தெரியாதுன்னு சொல்லு. கதவு பூட்டியிருக்காது. அவ்வளவுதான்."

சூடான பாத்திரத்தைத் துண்டில் சுற்றிக்கொண்டு க்ளெனிஸ் போன பிறகுதான், அது எய்ல்சாவின் பாத்திரம் என்று எனக்கு உறைத்தது. எதில் வைக்கிறோம் என்று நாங்கள் இருவருமே பார்க்கவில்லை.

அன்று மாலை போன் வந்தது. பாதி சாப்பிட்டானாம். உப்பு கொஞ்சம் கம்மி, நேற்றைக்கு வால்டா செய்தது இதைவிட நன்றாக இருந்தது என்றானாம். நீ செஞ்சதாகவே நினைச்சுக்கிட்டு இருக்கான், முதல்முறையா உன் சமையலை ஒருத்தன் பாராட்டியிருக்கான், வச்சுக்கோ என்றாள் க்ளெனிஸ். மற்றதை அவனிடம் சொல்லிவிட்டாயா என்றேன். இல்லை, அவள் வாயாலேயே கேட்கட்டும் என்று போனை வைத்துவிட்டாள்.

நான் பட்டியலை எடுத்தேன். வியாழக்கிழமைக் கட்டத்தில் வேறொருத்தியின் பெயர் இருந்தது. அதை அழித்து எய்ல்சா என்று எழுதினேன். பக்கத்துக் கட்டத்தில் என்ன பதார்த்தம் என்று எழுத வேண்டும். அதைக் காலியாக விட்டேன். முதலிலேயே அவள் பெயரை நான் எழுதியிருந்தால் மூன்று வாரம் முன்பே ரெக்ஸ் சாப்பிட்டிருப்பான் என்று அப்போது தோன்றியது, இப்போதும் தோன்றுகிறது.

வியாழன் ஐந்தரைக்கு எனக்கு அந்தப் பக்கம் ஒரு வேலையும் இல்லை. முட்டை வாங்கப் போகிறேன் என்று வீட்டில் சொல்லிவிட்டு, வீட்டிலேயே பதினைந்து கோழி வளர்க்கிறவள் நான், காரை எடுத்துக்கொண்டு போனேன்.

எய்ல்சாவின் கார் பர்ட்டன் வீட்டு வாசலில் நின்றிருந்தது. அவள் உள்ளேயே உட்கார்ந்திருந்தாள். நான் கடந்துபோய், மேட்டின் திருப்பத்தில் வண்டியைத் திருப்பிக்கொண்டு வந்தபோது இறங்கியிருந்தாள். பாதி தோண்டாமல் விட்ட கிழங்கு நிலத்தைத் தாண்டித்தான் பின்வாசலுக்குப் போக வேண்டும். கையில் பாத்திரம் இல்லாமல் அவளுக்கு நடக்கத் தெரியவில்லை. கைகளை முதலில் கோட்டுப் பையில் விட்டாள், வெளியே எடுத்தாள், மறுபடி விட்டாள். பின்வாசலின் வெள்ளைக் கதவின் முன் நின்று, தட்டுவதற்காக ஒரு கையைத் தூக்கினாள். தூக்கிய கையை அப்படியே சற்று நேரம் பார்த்துக்கொண்டு நின்றாள்.

பிறகு தட்டாமல் கீழே இறக்கி, கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே போனாள்.