எட்டு வியாழக்கிழமைகள்

நோட்டீசின் மேல் மூலைகள் இரண்டும் உரிந்து வந்துவிட்டன. கீழ்ப்பக்கம் வரவில்லை. சேந்தன் நகத்தால் சுரண்டினான்.

கடைக் கண்ணாடியில் அப்பாவின் படம் மூக்குவரை கிழிந்து நின்றது. படத்துக்குக் கீழே கண்ணீர் அஞ்சலி. அதற்கும் கீழே, எமது உணவகத்தின் மூத்த சமையற்கலைஞர் அமரர் அரியரத்தினம் பணி முடித்து வீடு திரும்பும் வழியில் இறைவனடி சேர்ந்தார் என்று இருந்தது. அடியில் முதலாளி கலைமாறனின் பெயர், அப்பாவின் பெயரைவிடப் பெரிய எழுத்தில்.

பாரிசின் ரூ து ஃபொபூர் சேன்-தெனி தெருவில் பதினொரு கடைகளில் அதை ஒட்டியிருந்தார்கள். இது நாலாவது.

"டேய், என்ன செய்யிறாய்?" அம்மா தங்கேஸ்வரி காருக்குப் பக்கத்தில் நின்று கேட்டார். "பத்து மணிக்கு மண்டபத்துக்கு உடலைக் கொண்டுவந்திடுவினம். ஏறு."

"இது பொய், அம்மா."

"பொய்யோ மெய்யோ, மண்டபம் எடுத்தது முதலாளியவை. ஐயரைப் பிடிச்சது அவை. எங்களுக்கு வீடு எடுக்கக் கையெழுத்து வைச்சதும் அவை. இண்டைக்கு ஒருநாள் வாயைப் பொத்திக்கொண்டு நில்."

அவன் மிச்சத்தை அப்படியே விட்டுவிட்டு ஏறினான்.

அப்பா வழியில் சாகவில்லை. போன வியாழக்கிழமை, உணவகக் குசினியில், அடுப்படியில், வேலைநேரத்தில் விழுந்தார். அதைச் சொன்னவர் யோகநாதன், அப்பாவோடு கொத்து ரொட்டி போடுபவர். "நான் சொன்னனெண்டு சொல்லிப்போடாதை," என்று இரண்டுமுறை சொன்னார். அவருடைய விசா முதலாளி கொடுத்த வேலைக் கடிதத்தில் தொங்கிக்கொண்டிருந்தது. வேலையிடத்தில் ஒருவர் செத்தால் விசாரணை வரும். குசினிக்குள் யார் யார், எத்தனை மணித்தியாலம் என்று கேட்பார்கள். அதனால் அப்பா மூன்று மணிக்கே வேலை முடித்துப் புறப்பட்டவராகிவிட்டார்.

மண்டபம் நிறைந்திருந்தது. சுவரோடு சேந்தனின் பல்கலைக்கழக அணிப் பையன்கள் பதினான்கு பேர் வாட்டசாட்டமாக வரிசையில் நின்றார்கள். கதிரைகள் சொந்தக்காரருக்கென்று நினைத்து ஒருவரும் உட்காரவில்லை.

"உவங்கள் ஆர்?" ஊர்ச் சங்கச் செயலாளர் சேந்தனின் காதுக்குள் கேட்டார். "கலைமாறன் செக்கியூரிட்டியும் பிடிச்சு விட்டவரோ?"

"என்ரை டீம், மாமா."

"என்ன தின்னக் குடுக்கிறாங்கள் உவங்களுக்கு!"

முன்வரிசையில் அம்மாவுக்கு ஒரு பக்கம் சேந்தனும் மறுபக்கம் முதலாளியின் மனைவி சுதர்சனாவும் இருந்தார்கள். ஐயர் ஆயத்தம் செய்துகொண்டிருக்க, கலைமாறன் மைக்கை வாங்கினார்.

"அரியண்ணையை நான் ஒருநாளும் வேலைக்காரனாப் பாக்கேல்லை. பெடியன்ரை விளையாட்டைப் பாக்கவேணும் எண்டு அவர் வாய் திறக்க முன்னமே, போயிட்டு வாங்கோ அண்ணை எண்டு நானே அனுப்பி வைப்பன்." கைக்குட்டையால் கண்ணைத் துடைத்தார். "அண்டைக்கும் மூண்டு மணிக்கு வேலையை முடிச்சிட்டு, வாறன் தம்பி எண்டு சிரிச்சுக்கொண்டு போனவர். வீடு போய்ச் சேரேல்லை."

பின்வரிசையில் யாரோ மூக்கைச் சீறினார்கள். யோகநாதன் மற்றக் குசினிக்காரர் மூவரோடு கடைசியில் இருந்தார். நிலத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

சேந்தன் எழுந்தான். அம்மா அவன் சட்டைக் கையைப் பிடித்தார். அவன் அந்த விரல்களை ஒவ்வொன்றாக விலக்கிவிட்டுப் போனான். பேச இரண்டு மைக்குகள் வைத்திருந்தார்கள். கலைமாறன் தன்னுடையதைக் கையில் வைத்துக்கொண்டே ஒதுங்கி நின்றார்.

"எங்கடை டீம் இந்த சீசன் எட்டு மட்ச். அமெரிக்கன் ஃபுட்பால். எல்லாம் வியாழக்கிழமை பின்னேரம். அஞ்சு தோல்வி."

யாரோ "அட" என்றார்கள்.

"அப்பாக்கு அந்த விளையாட்டு விளங்கிறேல்லை. அஞ்சு செக்கன் ஓடுறியள், பிறகு வட்டமா நிண்டு கூட்டம் போடுறியள், எங்கடை சங்கம் மாதிரிக் கிடக்கு எண்டுவார்."

சிரிப்பு எழுந்தது. செயலாளரும் சிரித்தார்.

"நீ ஏன் பந்தைத் தொடுறேல்லை எண்டு கேட்டவர். பந்து வைச்சிருக்கிறவனை விழவிடாமல் முன்னுக்கு நிக்கிறதுதான் என்ரை வேலை, ஆரும் என்னைப் பாக்கமாட்டினம் எண்டன். அப்ப உதுவும் குசினி வேலைதான் எண்டார்."

கடைசி வரிசையில் யோகநாதன் நிமிர்ந்து பார்த்தார்.

"முதல் மட்ச் நல்ல மழை. நாப்பத்திரண்டுக்குப் பூச்சியம். அந்த அரைநாள் லீவுக்கு அப்பா செவ்வாய்க்கிழமை முழுநாள் வேலை செய்தவர். கிழமையிலை அவருக்கு செவ்வாய் ஒண்டுதான் லீவு. ரெண்டாவதுக்கும் ஒரு செவ்வாய். மூண்டாவது தூரத்திலை, ஓல்னேயிலை. ரெயின் இடையிலை நிண்டு, கடைசிக் கால் மணித்தியாலம்தான் பாத்தவர். நாலாவது மட்ச் பனியாலை நடக்கேல்லை. அதுக்குக் குடுத்த செவ்வாயைத் திருப்பிக் குடுக்கேல்லை."

"தம்பி," கலைமாறன் மெல்லச் சொன்னார். "ஐயருக்கு நேரமாகுது."

"ஆறாவது நாங்கள் வெண்டது. உந்தா நிக்கிற கெவின் கடைசி நிமிசம் பந்தோடை கோட்டைத் தாண்டினவன். அப்பா வேலியிலை ஏறி நிண்டு கத்தினவர். றெஃபரி வந்து இறக்கி விட்டது."

தன் பெயர் கேட்டு கெவின் நிமிர்ந்தான்.

"காணும் தம்பி, நிப்பாட்டுங்கோ," கலைமாறன் இடைமறித்தார். " விளையாட்டுக் கதையை வீட்டை போய்க் கதைப்பம்."

"இன்னும் ஒரு மட்ச்தான், மாமா." சேந்தன் மைக்கை மறுகைக்கு மாற்றினான். "எட்டாவது. போன வியாழன். அதுக்கும் செவ்வாய் குடுத்தாச்சு. புதன்கிழமை நீங்கள் ஃபோன் எடுத்து ஓடர் ஒண்டு வந்திட்டுது, வரத்தான் வேணும் எண்டனீங்கள். நான் அப்பாக்குப் பக்கத்திலை இருந்தனான். மூண்டு மணிக்கு விட்டதெண்டு சொல்லுறியள். மூண்டு மணிக்கு விட்டிருந்தால் அவர் வீட்டை போயிருக்கமாட்டார். மைதானத்துக்கு வந்திருப்பார். பதினைஞ்சு நிமிசப் பயணம். நாலு மணிக்கு நான் வேலிப்பக்கம் பாத்தனான். ஆளில்லை."

அவன் கூட்டத்தின் பக்கம் திரும்பினான்.

"நாங்கள் வெண்டனாங்கள். அது அப்பாக்குத் தெரியாது. நாலு மணிக்கு அவர் எங்கை நிண்டவர்? தெரிஞ்ச ஆராவது சொல்லுங்கோ."

ஊதுபத்திச் சாம்பல் முறிந்து விழுந்தது. ஐயர் மணியைக் கையில் எடுத்து, அடிக்காமல் கீழே வைத்தார். இருநூறு பேருக்கு மேல் இருந்தார்கள். அதில் பாதிப்பேராவது அந்தக் கடையில் சாப்பிட்டவர்கள்.

"பெடியன் பாவம், துக்கத்திலை அறிவு..." என்று தொடங்கினார் கலைமாறன்.

"குசினியிலை நிண்டவர்."

யோகநாதன் எழுந்து நின்றிருந்தார். முன்கதிரையின் முதுகைப் பிடித்திருந்தார்.

"ரெண்டு மணியிலை இருந்து நெஞ்சு நோகுதெண்டவர். ஓடரை முடிச்சிட்டுப் போகச் சொல்லியாச்சு. நாலு பத்துக்கு விழுந்தார். அம்புலன்சுக்கு ஃபோன் அடிக்க முன்னம், வழியிலை விழுந்த மாதிரி வெளியிலை றோட்டுக்குத் தூக்கச் சொன்னது. அப்ப அவருக்கு மூச்சு இருந்தது." அவர் சேந்தனைப் பார்க்கவில்லை. அம்மாவைப் பார்த்துச் சொன்னார். "நாலுபேர் தூக்கினது, அக்கா. நானும் ஒரு காலைப் பிடிச்சனான்."

இது சேந்தனுக்குத் தெரியாது. யோகநாதன் இதை அவனிடம் சொல்லியிருக்கவில்லை. அவன் மைக்கைக் கீழே இறக்கினான்.

"டேய்! உனக்கு ஆர் விசா எடுத்துத் தந்தது? நாளைக்கே நான்..."

கலைமாறனின் கையில் மைக் இருந்தது. ஒலிபெருக்கி அதை மண்டபத்தின் கடைசி வரிசைவரை கொண்டுபோனது. அவர் மைக்கைப் பார்த்தார். அணைக்கும் பொத்தானைத் தேடினார். அது அகப்படவில்லை.

யோகநாதன் தன் கதிரைப் பக்கம் திரும்பினார். பக்கத்திலிருந்த மூவரும் அவருக்கு வழிவிட முழங்காலை ஒதுக்கவில்லை. அவர் கோட்டை எடுத்துக்கொண்டு கதவை நோக்கி நடந்தார்.

"யோகன் தம்பி."

அம்மா சத்தமாகக் கூப்பிடவில்லை. ஆனாலும் அவர் நின்றார்.

"சுதர்சனா, கொஞ்சம் எழும்புங்கோ," என்றார் அம்மா. "தம்பி இதிலை இருக்கவேணும்."

சுதர்சனா கணவனைப் பார்த்தார். பிறகு அம்மாவைப் பார்த்தார். சுதர்சனா எழுந்தார். கைப்பை கதிரைக்குக் கீழே அகப்பட்டிருந்தது. குனிந்து இழுத்தார். வார் காலில் மாட்டியிருந்தது. ஒருவரும் உதவவில்லை. அதைக் கழற்றி எடுக்கும்வரை யோகநாதன் பக்கத்தில் கோட்டோடு நின்றார்.

பிறகு கதிரையின் நுனியில் உட்கார்ந்தார். இரண்டு கைகளிலும் கொத்து ரொட்டித் தகட்டின் சூட்டுத் தழும்புகள். அவற்றை எங்கே வைப்பதென்று தெரியாமல், சின்னப்பிள்ளை மாதிரித் தொடைகளுக்குக் கீழே வைத்துக்கொண்டார்.