ஒரே பலகையில் இருவர்

ஆடி அமாவாசையன்று குறுக்குத்துறையில் குளித்துக் கரையேறி, சட்டையும் போட்டு முடித்த பிறகு, இன்னும் ஒரு கை தண்ணீர் தலையில் தெளித்துக்கொண்டால் என்ன என்று கைலாசத்துக்குத் தோன்றியது. குனிந்தார். சட்டைப் பையில் இருந்த போன் அவரை முந்திக்கொண்டு தாமிரபரணியில் முங்கியது. யாரோ ஒரு நல்ல மனிதர் துழாவி எடுத்துக் கொடுத்தார். ஆனால் போன் பிழைக்கவில்லை. பாளையங்கோட்டை மார்க்கெட் கடைக்காரர் அதைப் பிரித்துப் பார்த்துவிட்டு, "அண்ணாச்சி, இதுக்கும் சேத்து எள்ளும் தண்ணியும் இறைச்சிருக்கலாம்" என்றார்.

கைலாசத்துக்குச் சிரிப்பு வரவில்லை. பேசுவதற்கு வீட்டில் பழைய பட்டன் போன் கிடந்தது. சாயங்காலம் ஆறு மணிக்கு என்ன செய்வது என்பதுதான் கவலை.

ஆறு மணி விஷயத்தைச் சொல்ல வேண்டுமானால் அவருடைய சம்பந்தி சிவசண்முகத்தைச் சொல்ல வேண்டும். ஆழ்வார்குறிச்சிக்காரர், கணக்கு வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவர். அவருடைய மகனுக்குத்தான் கைலாசம் தன் மகள் சித்ரலேகாவைக் கொடுத்திருந்தார். போன வருடம் சித்ரலேகாவைப் பிரசவத்துக்குச் சேர்த்தபோது, ஆஸ்பத்திரி வராந்தாவில் இரண்டு பெரியவர்களும் குறுக்கும் நெடுக்கும் நடந்து நர்சுகளின் பிராணனை வாங்கினார்கள். பொறுக்கமாட்டாமல் மாப்பிள்ளை இருவர் போனிலும் லூடோ ஏற்றிக் கொடுத்தான். நம்முடைய தாயக்கட்டம் மாதிரிதான். பேத்தி பிறப்பதற்குள் ஏழு ஆட்டம் முடிந்திருந்தது. அதன் பிறகு அவர் ஆழ்வார்குறிச்சியிலும் இவர் பாளையங்கோட்டையிலுமாக, தினம் ஆறு மணிக்கு ஒரு ஆட்டம்.

தை மாதம் கைலாசம் பாளையங்கோட்டை தியாகராஜநகரில் புதிதாகக் கட்டிய வீட்டுக்குப் பால் காய்ப்பு வந்தது. கண்ணில் ஆபரேஷன் ஆகிப் பத்து நாள்தான் ஆகியிருந்தது. சம்பந்தியைத் தாம்பூலத் தட்டோடு நேரில் போய் அழைக்க வேண்டும் என்பது அவருக்குத் தெரியாததல்ல. இருந்தாலும் பத்திரிகையைப் போனில் அனுப்பி, போனிலேயே "வந்துருங்க சம்பந்தி" என்று முடித்துவிட்டார். சிவசண்முகம் வரவில்லை. மனைவி பிரம்மநாயகியை மட்டும் அனுப்பிவைத்தார். "போன்ல கூப்பிட்டா போதும்ங்கிற ஆளா ஆயிட்டேன்" என்று அவர் சொன்னதாக ஒரு பேச்சும் கூடவே வந்து சேர்ந்தது. "கண்ணுல கட்டுப் போட்டிருக்கவனை ரயிலேறி வரச் சொல்லுதாரா?" என்று கைலாசமும் குதித்தார். பேச்சு நின்றுபோயிற்று. ஆட்டமும் நின்றது.

மாசியில் ஒருநாள் ஆறு மணிக்குப் போன் கிணுகிணுத்தது. சிவசண்முகம் ஆட்டத்துக்கு அழைக்கிறார். கைலாசம் சற்று நேரம் மின்விசிறியைப் பார்த்துவிட்டு, திரையைத் தொட்டார். அன்று முதல் ஒரு நாள் தவறியதில்லை. பேச்சு மட்டும் கிடையாது. ஆட்டத்துக்குள்ளேயே ஒருவருக்கொருவர் அனுப்பப் படங்கள் உண்டு: மாலை, தக்காளி, செருப்பு, காப்பி டம்ளர். தோற்றவர் ஜெயித்தவருக்குக் காப்பி அனுப்புவது என்று யாரும் சொல்லாமலே வழக்கமாகியிருந்தது. இத்தனை மாதமும் இரண்டு பேருக்கும் நடுவில் போய்வந்தது அந்தக் காப்பி ஒன்றுதான்.

இப்போது ஆவணி பத்தாம் தேதி பேத்திக்குக் காதுகுத்து, கைலாசத்தின் வீட்டில். சித்ரலேகா புனேயிலிருந்து தினமும் கேட்டாள். "யப்பா, மாமா வருவாங்கள்லா?" "வருவாரும்மா, வராம எங்க போவாரு" என்று கைலாசம் அந்தக் காப்பி டம்ளரை நம்பிச் சொல்லிக்கொண்டிருந்தார். விசேஷம் நெருங்குகிற சமயத்தில் திடீரென்று ஆட்டத்துக்கும் போகாவிட்டால் சிவசண்முகம் என்ன நினைப்பார்? வேண்டுமென்றே முகத்தைத் திருப்பிக்கொண்டார் என்றுதான் நினைப்பார். அப்புறம் காதுகுத்துக்கு அவர் வருவது கனவிலும் நடக்காது.

வீட்டில் ஒரு டேப்லெட் இருந்தது. பேத்தி முகத்தைப் பெரிதாகப் பார்க்கட்டும் என்று சித்ரலேகா தள்ளுபடியில் வாங்கி அனுப்பியது. சிம் போட இடமில்லை. வீட்டு வைஃபைதான் அதற்குச் சோறும் தண்ணியும். எல்லாப் போனிலும் இருக்கிற பெரிய ஆப் கடை அதில் இல்லை. தயாரித்த கம்பெனியே வைத்த சின்னக் கடை ஒன்று இருந்தது. கைலாசம் அதில் லூடோவைத் தேடினார். பல் பிடுங்கும் விளையாட்டு வந்தது, கேக்குக்குச் சாயம் பூசும் விளையாட்டு வந்தது, அவருடைய லூடோ வரவில்லை. வேறொரு லூடோ மட்டும் கடைசியில் தலைகாட்டியது. அதுவாவது ஆகட்டும் என்று ஏற்றித் திறந்தார். 'இணையம் தேவையில்லை. ஒரே பலகையில் இருவர்' என்றது. பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து ஆடுவதாம்.

"எதிர்ல உக்கார ஆள் இருந்தா நான் எதுக்கு இதைப் போட்டுத் தேய்க்கேன்?" என்று டேப்லெட்டிடமே சண்டைக்குப் போனார். ஆறு மணி வந்தது, போயிற்று.

மறுநாள் காலையில் அடுத்த வீட்டுக் கிருபைராஜைப் பிடித்தார். கல்லூரி அலுவலகத்தில் குமாஸ்தாவாக இருந்தவர். இதே ரக டேப்லெட்டில் வேதாகமம் படிக்கிறவர், பாட்டு கேட்கிறவர்.

"பெரிய கடையை இதுக்குள்ள கொண்டுவர ஒரு வழி இருக்குவே" என்றார் கிருபைராஜ். "நாலு பைலு. ஒண்ணொண்ணா இறக்கி, வரிசையா ஏத்தணும். வரிசை மாறிச்சுன்னா கடை திறக்காது. என் மருமகன் போட்டுத் தரும்போது பாத்து வச்சிருக்கேன்."

வரிசை என்றதும் கைலாசத்துக்கு நம்பிக்கை வந்தது. நாற்பது வருடம் பத்திரம் எழுதிய மனிதர் அவர். மூலப்பத்திரம், பட்டா, வில்லங்கச் சான்று, அதன் பிறகு கிரயம் என்று வரிசை பிசகாமல் போவதுதான் அவர் பிழைப்பு. ஆனால் அந்தத் தொழிலுக்கே உரிய வியாதி ஒன்றும் அவருக்கு உண்டு. படிக்காமல் எதற்கும் ஒப்புதல் தரமாட்டார். முதல் பைலை ஏற்றப் போனபோது நிபந்தனைகள் வந்து நின்றன. கைலாசம் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு முதல் வரியிலிருந்து ஆரம்பித்தார்.

"ஓய், இது என்ன நாலு ஏக்கர் நஞ்சையா? ஏத்துக்கிடுதேன்னு ஒரு அமுக்கு அமுக்கும்வே."

"படிக்காம எப்படி அமுக்க? நாளைக்கு ஒரு வில்லங்கம்னா நீரா வந்து நிப்பீரு?"

கிருபைராஜ் வீட்டுக்குப் போய்ச் சாப்பிட்டு, ஒரு தூக்கமும் போட்டு வந்தார். கைலாசம் பதினேழாம் பக்கத்தில் இருந்தார். அன்றைக்கும் ஆறு மணி போயிற்று. அந்த நேரத்தில் அவருக்கு வாசிப்பு ஓடவில்லை. ஆழ்வார்குறிச்சியில் ஒருவர் போனைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார் என்ற நினைப்பே வந்துகொண்டிருந்தது.

மூன்றாம் நாள் கிருபைராஜ் பொறுமை இழந்தார். கைலாசம் எழுந்து மோர் குடிக்கப் போன நேரம் பார்த்து, மீதிப் பைல்களைத் தானே டபடபவென்று அமுக்கினார். அவசரத்தில் இரண்டாவதுக்கு முன்னால் மூன்றாவது ஏறிவிட்டது. பெரிய கடை ஒரு தடவை கண்ணைத் திறந்து உடனே மூடிக்கொண்டது. இருவரும் ஒருவரையொருவர் திட்டிக்கொண்டு, எல்லாவற்றையும் கழற்றி எறிந்து, மறுபடியும் ஒன்றிலிருந்து ஏற்றினார்கள். நாலரை மணிக்குக் கடை திறந்தது. அவருடைய லூடோ, அதே மஞ்சளும் சிவப்புமாக, முதல் வரியிலேயே நின்றது. கைலாசம் கிருபைராஜின் கையைப் பிடித்துக்கொண்டார்.

ஏறி முடிந்ததும் லூடோவும் தன் நிபந்தனைகளை நீட்டியது. "இதையும் படிக்கப் போறீரா?" என்றார் கிருபைராஜ். கைலாசம் படித்தார். ஒன்பதாவது பிரிவுக்கு வந்தபோது அவர் விரல் நின்றது. விருந்தினராக நுழைந்து ஆடுகிறவர்களின் கணக்கு அந்தச் சாதனத்தோடு முடிந்துபோகும், அவர்களின் நண்பர் பட்டியலும் அப்படியே என்று இருந்தது. ஆஸ்பத்திரி வராந்தாவில், பிரசவ அறைக் கதவைப் பார்த்துக்கொண்டே மாப்பிள்ளை அமுக்கியது 'விருந்தினர்' என்பதைத்தான். அன்றைக்கு யார் நிபந்தனை படித்தார்கள்?

உள்ளே போனார். 'வருக, விருந்தினர் 48213' என்றது. நண்பர் பட்டியலில் ஒரு ஈ காக்கை இல்லை. நண்பரைச் சேர்க்க வேண்டுமானால் அவருடைய லூடோ எண்ணைப் போட வேண்டுமாம். அந்த எண் சிவசண்முகத்தின் போனுக்குள் இருந்தது.

"போன் போட்டுக் கேட்டா அரை நிமிஷ வேலை" என்றார் கிருபைராஜ்.

"போன் போட்டதுதானவே வினையா வந்து முடிஞ்சிருக்கு."

கிருபைராஜ் எழுந்து போனார். விளக்கேற்ற வந்த மனைவி அன்னத்தாய், இருளும் கூடத்தில் டேப்லெட்டை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்த புருஷனைப் பார்த்தாள்.

"என்ன, அழுதுருவிய போலிருக்கு?"

"அவரு லூடோ நம்பர் வேணும். அதை எப்படிக் கேக்கன்னு தெரியலை."

"ஒண்ணு கேக்கேன், கோவிக்கக் கூடாது. பத்திரம் பதியணும்னு வருவாங்கள்லா, அவங்க வரமுடியாது, போன்ல சொல்லுவாங்கன்னா நீங்க ஒத்துக்கிடுவியளா?"

கைலாசம் டேப்லெட்டை மடியிலிருந்து எடுத்துக் கீழே வைத்தார். எத்தனை பேரை விரட்டியிருக்கிறார்! வாங்குகிறவரும் கொடுக்கிறவரும் நேரில் ஆஜராகிக் கைரேகை வைக்காமல் பத்திரம் பத்திரமே ஆகாது என்று வருகிறவன் போகிறவனுக்கெல்லாம் சொன்ன வாய் அது. கண்ணில் கட்டு இருந்தது நிஜம்தான். ஆனால் அது அவிழ்ந்து ஆறு மாதம் ஆகிறது. ரயிலும் தினமும் ஓடுகிறது. தான் போகாமல் இருந்தது வீம்பினால்தான் என்று அப்போது அவருக்கே வெட்கமாக இருந்தது.

"தட்டு எடுத்து வை" என்றார்.

மறுநாள் மத்தியானம் செங்கோட்டை வண்டியில் ஏறினார். ஒரு பையில் வெற்றிலை, பாக்கு, பழம், தேங்காயோடு தட்டு. இன்னொரு பையில், லூடோ நம்பரை வாங்கிப் போட்டுக்கொள்வதற்காக டேப்லெட். சேரன்மகாதேவி, கல்லிடைக்குறிச்சி, அம்பாசமுத்திரம் என்று வண்டி நிதானமாக நின்று நின்று போயிற்று. இரண்டு பக்கமும் கார் நெல் பச்சை. என்ன பேசுவது என்று ஆறு விதமாகச் சொல்லிப் பார்த்தார். ஒன்றும் திருப்தியாக இல்லை.

சிவசண்முகமே கதவைத் திறந்தார். கையில் போன் இருந்தது.

"வாங்க" என்றார். "உடம்புக்கு என்ன? மூணு நாளா ஆளைக் காணும்."

"உடம்புக்கு ஒண்ணுமில்லை. போன் ஆத்துல விழுந்துட்டு."

"ஆத்துலயா!" சிவசண்முகம் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். "நான் என்னென்னமோ நினைச்சுட்டேன். முத நாளு கோவம். ரெண்டாம் நாளு பயம் வந்துட்டு. நேத்து உங்க வீட்டுக்குப் போன் போடப் போனேன், மணி அடிக்கதுக்குள்ள வச்சுட்டேன். போன்ல கூப்பிட்டீங்கன்னு கோவிச்சவன், போன்ல எந்த மூஞ்சியோட விசாரிக்க?"

பிரம்மநாயகி ஒரு செம்பு மோர் கொண்டுவந்து வைத்தாள். கைலாசம் அதைத் தொடாமல் தட்டை எடுத்து வெற்றிலையை அடுக்கினார். ரயிலில் ஒத்திகை பார்த்த ஆறு பேச்சும் மறந்துபோயிருந்தன.

"சம்பந்தி, தையில நான் செஞ்சது தப்பு. கண்ணு மேல பழியைப் போட்டுக்கிட்டே இருந்துட்டேன். ஆவணி பத்து, பேத்திக்குக் காதுகுத்து. நேர்ல அழைக்க வந்திருக்கேன்."

"இருங்க" என்று சிவசண்முகம் உள்ளே போனார். கைலாசத்துக்கு அந்த ஒரு நிமிடம் வண்டி வந்த தூரத்தை விட நீளமாக இருந்தது. பனியனோடு போனவர் வெள்ளைச் சட்டை போட்டு, நெற்றியில் திருநீறும் பூசிக்கொண்டு வந்தார். மனைவியைப் பக்கத்தில் நிறுத்தி, கிழக்கே பார்த்து நின்று, தட்டை இரண்டு கையாலும் வாங்கினார்.

"ஒம்பதாம் தேதியே வந்துருதோம்" என்றார்.

அதோடு பேச்சு தீர்ந்துபோயிற்று. இரண்டு பேருக்குமே பேச்சு பெரிதாக வராது. மழை, உரம், பேத்தியின் பல் என்று தட்டுத் தடுமாறி ஓட்டினார்கள். ஆறு மணி ஆனதும் இருவர் கையும் தானாகவே சாமானைத் தேடின. சிவசண்முகம் தன் எண்ணைச் சொல்ல, கைலாசம் டேப்லெட்டைத் திறந்தார். லூடோ சுற்றிக்கொண்டே இருந்தது. அப்போதுதான் அவருக்கு உறைத்தது.

"இது எங்க வீட்டு வைஃபையிலதான் ஓடும். இத்தனை தூரம் தூக்கிக்கிட்டு வந்திருக்கேன் பாருங்க, மடையன்."

"அப்போ இது என்னது?" சிவசண்முகம் மூலையிலிருந்த இன்னொரு படத்தின் மேல் விரலை வைத்தார்.

"அது ஒண்ணுமில்லை. பக்கத்துல பக்கத்துல உக்காந்து ஆடுதது."

சிவசண்முகம் நாற்காலியை இழுத்துப் பக்கத்தில் போட்டார்.

வாத்தியார் கணக்குப் போட்டுப் போட்டுக் காய் நகர்த்தினார். கைலாசத்துக்கு ஆறாக விழுந்தது. செங்கோட்டையிலிருந்து திரும்பும் வண்டி ஸ்டேஷனுக்கு வந்து, ஊதிவிட்டுப் போனது. இருவரும் தலையை நிமிர்த்தவில்லை. கைலாசத்தின் நாலாவது காயும் வீடு போய்ச் சேர்ந்தது. சிவசண்முகம் திரையின் நாலு மூலையிலும் எதையோ தேடினார்.

"இதுல காப்பி இல்லையா?"

"இல்லை சம்பந்தி. சின்னக் கடைச் சாமான். அதெல்லாம் கிடையாது."

சிவசண்முகம் உள் பக்கமாகத் திரும்பி, தெருவுக்கே கேட்கும்படி குரல் கொடுத்தார்.

"ஏளா, சம்பந்திக்கு ஒரு காப்பி போடு. நான் தோத்துட்டேன்."