பால் மாமாவின் தாடி

இங்கிலாந்தின் வடக்கில் எங்களுடையது ஒரு பஞ்சாலை ஊர். சனிக்கிழமை மத்தியானம் மில் சங்கு ஊதிவிட்டால் எங்கள் சவரக்கடை நிறைந்துவிடும். வாரத்துக்கு ஒரு சவரம், ஆளுக்கொரு அபிப்பிராயம். முகத்துக்கு நுரை பூசுவது நான். கத்தி பிடிப்பது என் புருஷன் ஜேபஸ். பெஞ்சில் காத்திருப்பவர்கள் அதற்குள் உலகத்தைப் பங்கு போட்டு முடித்திருப்பார்கள்.

"ரஷ்யாக்காரன்கிட்ட எகிப்தைக் குடுக்கவே கூடாது."

"எகிப்து நம்மகிட்டதானே இருக்கு?"

"அதான் சொல்றேன், குடுக்கக் கூடாதுன்னு."

பேச்சு முற்றிக் கைகலப்பாகும்போல் இருந்தால் எனக்கு ஒரு வழி உண்டு. நாற்காலியில் இருப்பவன் வாயில் பிரஷ்ஷால் ஓர் இழுப்பு. வாய் கொள்ளாத சோப்போடு எவனாலும் பிரான்ஸ் மேல் படையெடுக்க முடியாது. "தர்ஸா சமாதானம் பண்ணிட்டா" என்று பெஞ்சு சிரிக்கும். அத்தோடு சண்டை தீரும்.

இந்த வழிக்கு மசியாத ஒரே ஆள், எங்கள் தெருவில் மளிகைக்கடை வைத்திருந்த ஏனாக் டக்வர்த். மனைவியை இழந்தவர். குடிக்கமாட்டார், எடையில் கைவைக்கமாட்டார், ஒரு பேச்சுக்காகக்கூடப் பொய் சொல்லமாட்டார். "இந்தத் தொப்பி எனக்கு நல்லா இருக்கா?" என்று பெண்கள் அவரிடம் கேட்பதை விட்டு ரொம்ப காலம் ஆகியிருந்தது. வாயில் சோப்பைத் திணித்தால் துப்பிவிட்டு, விட்ட இடத்திலிருந்து தொடங்குவார்.

அவருக்கு ஒரு தாடி. உதட்டிலும் கன்னத்திலும் ஒன்றும் இருக்காது. தாடையைச் சுற்றி மட்டும் வேலி கட்டினமாதிரி வெள்ளை மயிர். அவருடைய அப்பாவும் அப்படித்தான் வைத்திருந்தார். அப்புறம் தென்னாப்பிரிக்காவில் போயர்கள் என்கிற டச்சு வம்சத்து விவசாயிகளோடு நமக்குச் சண்டை வந்தது. அவர்களுடைய அதிபர் பால் க்ரூகரின் படம் பத்திரிகையில் வந்தது. பார்த்தால் நம் ஏனாக். அந்த ஊர்க்காரர்கள் தங்கள் அதிபரைப் பால் மாமா என்று கூப்பிடுவார்களாம். எங்கள் தெருவும் ஏனாக்கை அப்படியே கூப்பிட ஆரம்பித்தது.

"பால் மாமா, கால் பவுண்டு டீ குடுங்க. துப்பாக்கியைக் கீழ வச்சிட்டு."

அவரும் சிரித்துக்கொண்டுதான் டீ நிறுத்தார்.

ஜனவரியில் எங்கள் பையன் எர்னி அந்தச் சண்டையில் செத்துப்போனான். ஸ்பியான் கோப் என்று ஒரு மலை. அந்தப் பெயரை என் வாயால் சொல்லமாட்டேன் என்றார் ஜேபஸ். 'அந்தக் குன்று' என்பார். காலையிலேயே குடிக்கத் தொடங்கினார். துக்கம் கேட்க வந்த ஊரெல்லாம் "ராணிக்காக உயிரைக் குடுத்தான், பெருமைப்படணும்" என்றது. ஏனாக் வந்து, "நல்ல பையன்" என்று மட்டும் சொல்லிவிட்டு உட்கார்ந்திருந்தார். பிப்ரவரியில் அவர் கடைக் கண்ணாடியில் ஒரு விளம்பரம் ஒட்டினார். போரை நிறுத்தக் கோரி ஜெபக்கூடத்தில் கூட்டம். அதன்பிறகு யாரும் அவரைப் பார்த்துச் சிரிக்கவில்லை. ஜேபஸ் அவரோடு பேசுவதை நிறுத்திவிட்டார். ஆனாலும் சனிக்கிழமை தவறாமல் ஏனாக் வருவார். ஒரு வார்த்தை பேசாமல் இவர் அவருடைய உதட்டையும் கன்னத்தையும் மழித்து அனுப்புவார்.

மே மாதம். மாஃபெக்கிங்கைச் சுற்றிப் போயர்கள் போட்டிருந்த முற்றுகை உடைந்து நம் ஆட்கள் மீட்கப்பட்டார்கள் என்று வெள்ளிக்கிழமை ராத்திரி செய்தி வந்தது. மறுநாள் மில்கள் திறக்கவில்லை. தகர டப்பாவும் மத்தளமும் கொடியுமாக ஊர் தெருவில் நின்றது.

"மாஃபெக்கிங்னா ஊரா, ஜெனரலா?" என்று என்னைக் கேட்டாள் எதிர்வீட்டு நூற்புக்காரி. கேட்டுவிட்டு அவளும் போய் ஆடினாள்.

சாயங்காலம் எரிக்கிறதற்கென்று க்ரூகர் பொம்மை ஒன்று செய்து வைத்திருந்தார்கள். உயரத் தொப்பியும் பஞ்சுத் தாடியும் வைத்த பொம்மை. பொறுக்கமாட்டாமல் காலையிலேயே கொளுத்திவிட்டார்கள். மத்தியானத்துக்குள் பீர் உள்ளே போயிருந்தது. கை சும்மா இருந்தது.

"பொம்மை போனா என்ன, நிஜ ஆளு நம்ம தெருவிலயே இருக்கானே" என்று யாரோ சொல்லியிருக்கிறான்.

கண்ணாடி உடைகிற சத்தம் கேட்டு வாசலுக்குப் போனேன். ஏனாக்கின் கடை முகப்பு முழுதும் நடைபாதையில் கிடந்தது. வெல்லப்பாகுப் பீப்பாயை உருட்டிவந்து கவிழ்த்தார்கள். மாவு மூட்டைகளைக் கிழித்து ஒருவர்மேல் ஒருவர் வீசினார்கள். பெண்கள் மடியில் சர்க்கரை அள்ளிக்கொண்டு போனார்கள். நடுவில் கரிக்கடை வில்ஃப் கேட்டரல் நின்றான். கோட்டு நிறைய ஜெனரல்களின் முகம் போட்ட பொத்தான். பட்டாளத்துக்கு ஆள் எடுத்தபோது அவனுக்கு இடுப்பு வலி. இப்போது இடுப்பு நன்றாகத்தான் இருந்தது. எடைக்கல்லைத் தலைக்குமேல் தூக்கி ஏனாக்கின் கைமேல் போட்டான். பச்சை விறகு முறிகிறமாதிரி ஒரு சத்தம். தலைமேலும் போடப்போனவனை, "இரு, இரு, மொதல்ல தாடி" என்று ஒருவன் தடுத்தான். அப்படித்தான் எங்கள் கடைக்கு அவரைக் கரிவண்டியில் போட்டுக் கொண்டுவந்தார்கள்.

நாற்காலியில் தூக்கி உட்காரவைத்தார்கள். முகமெல்லாம் மாவும் ரத்தமும். கடைக்குள் மூச்சுவிட இடமில்லை.

"ஜேபஸ், வாடிக்கை கொண்டாந்திருக்கோம்" என்றான் வில்ஃப். "தாடியை எடு. எர்னிக்காக."

"கை தவறிக் கீழ கொஞ்சம் பட்டாலும் நாங்க யாரும் பார்க்கலை" என்றான் பின்னாலிருந்து ஒருவன். எல்லோரும் சிரித்தார்கள்.

ஜேபஸ் சிரிக்கவில்லை. கத்தியை விரித்துத் தோல்வாரில் தீட்ட ஆரம்பித்தார். காலையிலிருந்து குடித்திருந்தார். இத்தனை வருஷத்தில் அவர் கத்தி தீட்டுவதை எத்தனையோ தடவை பார்த்திருக்கிறேன். தீட்டும்போது கத்தியைத்தான் பார்ப்பார். அன்றைக்கு ஏனாக்கின் கழுத்தையே பார்த்துக்கொண்டு தீட்டினார். பிள்ளையை அந்தக் குன்று தின்றுவிட்டது. இந்த மனுஷனையும் தூக்குமரத்துக்கு அனுப்பிவிட்டு நான் யாரோடு இருப்பது?

"நுரை பூசாம எடுத்தா தோல் கிழியும்" என்றேன். "தள்ளுங்க."

"கிழியட்டுமே."

"இது என் கடை, வில்ஃப். உன் கரிக்கிடங்கு இல்ல. தள்ளு."

வெந்நீர் எடுத்தேன். மாவைத் துடைத்தேன். கிண்ணத்தில் சோப்பைக் கலக்க எவ்வளவு நேரம் எடுத்துக்கொள்ள முடியுமோ அவ்வளவும் எடுத்துக்கொண்டேன். யாராவது போலீஸைக் கூப்பிட்டிருப்பார்கள் என்று ஒரு நப்பாசை.

"தர்ஸா, கை உடைஞ்சிருக்கு" என்றார் ஏனாக் மெல்ல.

"தெரியுது. வாயை மட்டும் மூடிக்கிட்டு இருங்க. தாடிதானே, திரும்ப முளைக்கும்."

"என்ன குசுகுசுப்பு?" என்றான் வில்ஃப். பிறகு அவனுக்கு ஒரு யோசனை வந்தது. "சரி மாமா, நாங்க அவ்வளவு கெட்டவங்க இல்ல. ஒரு வார்த்தை சொல்லு, தாடியோட வீட்டுக்குப் போ. 'நம்ம பசங்க நியாயத்துக்காகச் செத்தாங்க.' அவ்வளவுதான்."

"சொல்லு மாமா, சொல்லு" என்று கடை முழுக்கத் தாளம் போட்டது.

ஜேபஸ் கையை உயர்த்தினார். சத்தம் அடங்கியது. கத்தியை ஏனாக்கின் காதுக்குக் கீழே வைத்தார். மூன்று மாசத்துக்கு அப்புறம் அவரோடு பேசின முதல் பேச்சு அது.

"சொல்லிடு ஏனாக். இவனுங்களுக்காக வேணாம். எனக்காகச் சொல்லு. என் பையன் சும்மா சாகலைன்னு நீ ஒரு தடவை சொல்லு. நீ சொன்னா நான் நம்புவேன். ஊர்ல மத்த எவன் சொன்னாலும் எனக்கு நம்பிக்கை வரலை."

ஏனாக்கின் உதடு பிரிவதைப் பார்த்தேன். என்ன வரப்போகிறதென்று எனக்குத் தெரியும். பிரஷ் நிறைய நுரையை அள்ளி அவர் வாய்க்குள் திணித்தேன். பல்லில் இடிக்கத் திணித்தேன்.

"பால் மாமா சோப்பு திங்குது" என்று ஒருவன் கத்தினான். கூட்டம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது. இன்னும் கொஞ்சம் சிரித்தால் போதும், கலைந்துவிடுவார்கள் என்று நினைத்தேன். திரும்பவும் பிரஷ்ஷை நனைத்தேன்.

அவர் துப்பினார். என் மார்புமேல் விழுந்தது.

"எர்னி சும்மாத்தான் செத்தான், ஜேபஸ். அந்த ஊர்த் தங்கத்துக்கு ஆசைப்பட்ட நாலு சுரங்க முதலாளிக்காக அவனை அனுப்பிக் கொன்னுட்டாங்க. அவன் நல்லவன். அதுக்கும் இதுக்கும் சம்பந்தமில்லை."

ஜேபஸின் தோள் அசைந்தது. எனக்கு அது மட்டும்தான் தெரிந்தது. என் கை எப்போது போனதோ, ஏனாக்கின் கழுத்துக்கும் கத்திக்கும் நடுவில் என் வலதுகை இருந்தது. முதலில் குளிர்ந்தது. கத்தி உள்ளங்கையைத் திறந்து விரல் நரம்பு வரைக்கும் போய் எலும்பில் நின்றது. அவர் இழுத்தார். சவரக்காரர் இழுக்கிற இழுப்பு, நீளமாக, ஒரே வாக்கில். பீய்ச்சி அடித்த ரத்தம் ஏனாக்கின் நுரைத்தாடி முழுவதும் இறங்கி, கழுத்துவழியாகச் சட்டைக்குள் ஓடியது.

கூட்டம் என் கையைப் பார்க்கவில்லை. வெள்ளை நுரையில் சிவப்பைத்தான் பார்த்தது.

"அறுத்துட்டான்" என்றான் ஒருவன். சின்னக் குரல்.

"நான் இங்க வரவே இல்ல" என்றான் இன்னொருவன், யாரும் கேட்காமலே.

கதவு அவ்வளவு பேருக்கு அகலம் போதவில்லை. ஒருவனை ஒருவன் மிதித்துக்கொண்டு ஓடினார்கள். முதல் ஆளாக வில்ஃப் வெளியே போயிருந்தான். அவன் பொத்தானில் ஒரு ஜெனரல் அறுந்து தரையில் உருண்டு, வெல்லப்பாகு ஒட்டிய காலடியில் சிக்கி நின்றது. காலையிலிருந்து ரத்தம் கேட்ட கூட்டம், ஒரு கிண்ணம் ரத்தத்தைப் பார்த்ததும் காணாமல் போயிற்று.

மிச்சம் நாங்கள் மூன்று பேர். ஏனாக் நாற்காலியிலிருந்து சரிந்து இறங்கினார். ஒரு கையாலும் பல்லாலும் துண்டைக் கிழித்து என் மணிக்கட்டை இறுக்கினார்.

"கத்தியைக் கீழ வை, ஜேபஸ்" என்றேன். அவர் வைக்கவில்லை. கையில் இருப்பது என்னவென்றே அவருக்குத் தெரியாத மாதிரி நின்றார். நான் எடுத்துக் கிண்ணத்தில் போட்டேன்.

சவரக்கடையில் கொலை என்று தகவல் போய், சார்ஜன்ட் ப்ராக்டர் மூச்சிரைக்க வந்தார். பிணம் நின்றுகொண்டிருப்பதைப் பார்த்து அவருக்குக் கொஞ்சம் ஏமாற்றம்தான்.

"யாரு வெட்டினது?"

"வேலையில பட்டுட்டுது, சார்ஜன்ட்" என்றேன்.

"உன்னைக் கேக்கலம்மா. கட்டின புருஷனை எவளும் காட்டிக்குடுக்க மாட்டா. மிஸ்டர் டக்வர்த், நீங்க சொல்லுங்க. ஊர்ல பொய் சொல்லாத ஆள் நீங்க ஒருத்தர்தான். உங்க கழுத்தை அறுக்க வந்தானா இவன்? ஆமான்னா இப்பவே விலங்கு போடறேன்."

ஜேபஸ் தலையைத் தூக்கவில்லை. ஏனாக் தாடியிலிருந்த ரத்த நுரையை வழித்து, கையைப் பார்த்துக்கொண்டே இருந்தார். அவர் அவ்வளவு நேரம் யோசித்து நான் பார்த்ததில்லை.

"கண்ணுல சோப்பு விழுந்துடுச்சு, சார்ஜன்ட். மூடியிருந்தேன். ஒண்ணும் பார்க்கலை."

யார் கண்ணிலும் நான் சோப்பு விழவிட்டதில்லை. கத்தி வரும்போது அவர் கண் விரியத் திறந்து ஜேபஸையே பார்த்துக்கொண்டிருந்தது.

"உங்க கையை உடைச்சது?"

"வில்ஃப் கேட்டரல். எடைக்கல்லால."

"அது மட்டும் தெரிஞ்சுதாக்கும்?"

"அது என் கடையில நடந்தது. அங்க சோப்பை நான் விக்கறதோட சரி."

சார்ஜன்ட் எங்கள் மூன்று பேரையும் மாறி மாறிப் பார்த்தார். தொப்பியை மாட்டிக்கொண்டு வைத்தியரை அனுப்புவதாகச் சொல்லிவிட்டுப் போனார்.

வெளியே மத்தளம் வேறு தெருவுக்குப் போயிருந்தது.

"என் பையனுக்காக ஒரே ஒரு பொய் கேட்டேன்" என்றார் ஜேபஸ். "உயிரே போனாலும் மாட்டேன்னுட்டே. இப்ப என்னைக் காப்பாத்த மட்டும் பொய் எப்படி வந்துது?"

"அந்தப் பொய்யைச் சொன்னா, நாளைக்கு இன்னொரு வீட்டுப் பையன் கிளம்புவான். இந்தப் பொய்யால யாரும் சாகப்போறதில்லை."

"எர்னியைப் பத்தி நீ சொன்னதை நான் மறக்க மாட்டேன். மன்னிக்கவும் மாட்டேன்."

"தெரியும்."

"பின்கட்டு வழியாப் போ. முன்னால எவனாவது நிப்பான்."

ஏனாக் உடைந்த கையை மறுகையில் ஏந்திக்கொண்டு போனார். தாடி அப்படியே இருந்தது. உதட்டில் பாதி நுரை காய்ந்திருந்தது. ஜேபஸ் வாளியில் தண்ணீர் மொண்டுவந்து மண்டியிட்டுத் தரையைத் தேய்த்தார். வைத்தியர் வந்து என் கையைத் தைக்கிற வரைக்கும் தேய்த்துக்கொண்டே இருந்தார். என் விரல் இரண்டு அப்புறம் மடங்கவே இல்லை.

அடுத்த சனிக்கிழமையும் மில் சங்கு ஊதியது. இரண்டு வாரத் தாடி வளர்ந்த முகங்களோடு அதே ஆட்கள் அதே பெஞ்சில் வந்து உட்கார்ந்தார்கள். போரைப் பற்றி மூச்சில்லை.

"மேகம் போடுது."

"ஆமா, சாயங்காலம் வரும்போலத்தான் இருக்கு."

நான் இடதுகையால் சோப்பைக் கலக்கினேன். ஜேபஸ் அன்றைக்குக் குடித்திருக்கவில்லை. கத்தியைத் தீட்டி முடித்து, நாற்காலியைத் துண்டால் தட்டினார்.

"மொதல்ல யாரு?"

பெஞ்சில் இருந்தவர்கள் அவர் கையிலிருந்த கத்தியைப் பார்த்தார்கள், பிறகு ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். எவனும் எழுந்திருக்கவில்லை.