சில்லு வைத்த பல்லக்கு

பரிசோதனை நிலையத்தின் நாற்காலிகளுக்கு இரண்டு பக்கமும் இரும்புக் கைப்பிடிகள் இருந்தன. பிரதாபன் அவற்றுக்குள் அடங்கமாட்டான். அதனால் பாதி நாற்காலியிலும் பாதி காற்றிலுமாக ஐம்பது நிமிடம் குந்தியிருந்தான். எதிரே முழங்காலில் கட்டுப் போட்டிருந்த கிழவர், யாரைக் கூட்டிக்கொண்டு வந்தாய் என்று ஆங்கிலத்தில் விசாரித்தார். நான்தான் நோயாளி என்றான். கிழவர் அவனுடைய தோள்களை ஒரு சுற்றுப் பார்த்துவிட்டுப் பழைய சஞ்சிகைக்குத் திரும்பினார்.

பிரதாபனுக்கு நாற்பத்துமூன்று வயது. உடற்கட்டுப் போட்டிகளில் அவன் தொழில்முறை வீரன். அதற்கான அட்டை பத்து வருடமாகப் பணப்பைக்குள் இருக்கிறது. அட்டை கிடைப்பதற்கு முன்பு கோப்பைகள் கிடைத்தன. கிடைத்த பிறகு பதினோராம் இடம் ஒருமுறை, பதினான்காம் இடம் இருமுறை. தொழில் என்று பெயரே தவிர, அதில் சம்பளம் என்று எதுவும் கிடையாது. ஒரே ஒரு தடவை வாழைப்பழ வாசம் வீசும் புரத மாவு ஒரு வாளி பரிசாக வந்தது. ஆகவே தொழில்முறை வீரர் தினமும் காலை ஆறு மணிக்கு, ஸ்காபரோவின் வடக்கு மூலையில் ஒரு வெயார்ஹவுஸில், உறைந்த கோழிப் பெட்டிகளை ஏற்றிக்கொண்டிருந்தார். ஏற்றியதும் கோழி, ஆறு பிளாஸ்டிக் டப்பாக்களில் அடைத்து, உப்பில்லாமல், மூன்று மணித்தியாலத்துக்கு ஒருமுறை தின்றதும் கோழி.

பெப்ரவரியில் பெட்டி அடுக்கு ஒன்று சரிந்தது. மற்றவர்கள் விலகி ஓடினார்கள். இவன் தோளைக் கொடுத்தான். உடம்பை அப்படித்தான் இருபது வருடம் பழக்கி வைத்திருந்தான். கழுத்தெலும்புகளுக்கு நடுவே இருந்த சவ்வு பிதுங்கி நரம்பை நெரித்தது. அன்றிலிருந்து இடது கைக்குப் பலமில்லை, அதில் மூன்று விரல்கள் விறைத்துப்போய்க் கிடக்கின்றன. சுடுதண்ணீரும் தெரியாது, பனியும் தெரியாது. கழுத்தை அசைக்காமல் ஓய்வெடுத்து, சத்திரசிகிச்சை நிபுணரையும் பார்த்தால் கை திரும்பலாம் என்றார் குடும்ப வைத்தியர். பாரம் தூக்கினால் கை அப்படியே போய்விடும் என்றும் சொன்னார். ஓய்வுக்கும் நிபுணருக்கும் சம்மதிக்க வேண்டியது வெயார்ஹவுஸின் காப்புறுதிக் கம்பனி. அந்தக் கம்பனிதான் அவனை இந்த நாற்காலிக்கு அனுப்பியிருந்தது.

பரிசோதகர் ஒல்லியான மனிதர். பிடியின் பலத்தை அளக்கும் கருவியைக் கொடுத்து நெரிக்கச் சொன்னார். வலது கையில் முள் ஓடியது. இடது கையில் முள் இருந்த இடத்திலேயே நின்றது. நாடாவால் இரண்டு புயங்களையும் அளந்தார். இடது புயம் நான்கு மாதத்தில் இரண்டு அங்குலம் வற்றியிருந்தது. வற்றிய பிறகும் அது பரிசோதகரின் தொடையளவு இருந்தது. அவர் அதையே கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டு நின்றார். இன்னொரு தடவை, இந்தமுறை உண்மையாக நெரிக்கும்படி கேட்டுக்கொண்டார்.

இரண்டு நாள் கழித்து, காப்புறுதிக் கம்பனியில் அவனுடைய கோப்பைப் பார்க்கும் செரீனா என்ற பெண் தொலைபேசியில் அழைத்தாள். மிக மரியாதையாகப் பேசினாள். கோப்பில் புதிதாக ஒரு படம் சேர்ந்திருக்கிறது, அதைப்பற்றி ஏதாவது சொல்ல விரும்புகிறாயா என்று கேட்டாள்.

என்ன படம் என்று பிரதாபனுக்கு உடனே விளங்கிவிட்டது. மே மாதம் கனகசிங்கத்தாரின் மகள் துவாரகாவுக்குச் சாமத்தியச் சடங்கு நடந்தது. அழைப்பிதழில் அது 'பூப்புனித நீராட்டுப் பெருவிழா'. கனகசிங்கம் அஜின்கோர்ட்டில் வீடு விற்பவர். வீடு விற்காத நேரங்களில் ஒரு முத்தமிழ் வீரக்கலை மன்றத்தின் தலைவர். பிள்ளை மண்டபத்துக்குள் பல்லக்கில் வரவேண்டும், அதை ஆணழகர்கள் சுமந்து வரவேண்டும் என்று அவர் தீர்மானித்திருந்தார். பிரதாபன் கழுத்தைப்பற்றிச் சொன்னான். "நீர் சும்மா கொம்புக்குக் கீழ நிண்டால் காணும் தம்பி, அடியில சில்லு இருக்கு" என்றார். இருந்தது. ஆளை வைத்துத் தோளில் தூக்க அந்த மண்டபத்தின் காப்புறுதி விடாது. அதனால் பல்லக்கு நான்கு சில்லுகளில் உருளும், சில்லுகளைப் பட்டுத்துணி தரைவரை மறைக்கும். மற்றைய மூன்று ஆணழகர்களும் கனகசிங்கத்தாரின் அலுவலகப் பெடியன்கள். வயிற்றில் தசைமடிப்புகளை மைபோட்டு வரைந்திருந்தார்கள். பிரதாபனுக்குப் பொன்னாடையும் ஒரு சாப்பாட்டுப் பார்சலும் கிடைத்தன. அவன் மேடையேறி மூன்று வருடமாகியிருந்தது. சட்டையைக் கழற்றிவிட்டு வரும்படி ஒருவர் அழைத்தது அவனுக்குப் பிடித்திருந்தது.

படத்தில் அவன் எண்ணெய் பூசி, புயத்தில் தங்கக் காப்போடு, கொம்பின் கீழே தோளை வைத்து, நெற்றி நரம்பு புடைக்க நிற்கிறான். நரம்பு புடைக்க நிற்பதுதானே அவனுடைய தொழில். மன்றத்தின் முகநூல் பக்கத்தில் அதை ஏற்றி, 'தனியொரு தோளில் தங்கத் தேர்' என்று தலைப்பும் போட்டிருந்தார்கள்.

சில்லு இருக்கிறது என்று செரீனாவிடம் சொன்னான். அவள் விசைகளைத் தட்டும் சத்தம் கேட்டது. பிறகு, படத்தில் சில்லு தெரியவில்லை என்றாள். மறுநாள் அவன் மண்டபத்துக்குப் போய், களஞ்சிய அறையில் மிச்சக் கதிரைகளுக்கு நடுவே நின்ற பல்லக்கின் துணியைத் தூக்கிச் சில்லுகளைப் படமெடுத்து அனுப்பினான். அன்று ஓடியது இதே பல்லக்குத்தான் என்பதற்கு என்ன அத்தாட்சி என்று பதில் வந்தது. விழா நடத்தியவர் கையொப்பமிட்ட கடிதம் வெள்ளிக்கிழமை மதியத்துக்குள் வந்தால் ஓய்வு தொடரும், நிபுணரையும் பார்க்கலாம். வராவிட்டால் திங்கள் காலை பழைய வேலை.

கனகசிங்கத்தாரின் அலுவலகச் சுவரில் கனகசிங்கத்தார் மட்டும் இருந்தார். பதவியிலிருந்த ஒருவரோடு கை குலுக்கும் கனகசிங்கம், பதவியிழந்த அதே ஆளோடு கை குலுக்கும் கனகசிங்கம், நாடா வெட்டும் கனகசிங்கம். மகள் துவாரகா பள்ளிக்கூடம் முடிந்து வந்து மூலைக் கதிரையில் போனைத் தடவிக்கொண்டிருந்தாள். பிரதாபன் விஷயத்தைச் சொல்லி முடிப்பதற்குள் அவர் மூன்று அழைப்புகளுக்குப் பதில் சொன்னார்.

"உதெல்லாம் ஒரு பிரச்சினையே தம்பி? கடிதம்தானே. எத்தினை பேருக்குக் குடுத்திருக்கிறன்."

"பெரிசா ஒண்டும் வேண்டாம் அண்ணை. பல்லக்குக்குச் சில்லு இருந்தது, நான் தூக்கேல்லை. அந்த ஒரு வரி காணும்."

"சில்லோ?" அவர் பேனாவைக் கீழே வைத்தார். "அறுநூறு சனம் பாத்த விழாவெல்லே தம்பி அது."

மூலையிலிருந்து துவாரகா தலை நிமிராமலே சொன்னாள். "அப்பா, வீல் இருந்ததுதானே. ஒண்டு ஃபுல்லா கீச் கீச் எண்டு கத்தினது. சோ எம்பாரசிங்."

"நீ உன்ர ஹோம்வேர்க்கைப் பார்."

பிரதாபன் கைகளை மடியில் வைத்தபடி இருந்தான். இடது கை மடியில்தான் இருக்கிறதா என்று ஒருதரம் குனிந்து பார்த்துக்கொண்டான். கடிதம் இல்லாவிட்டால் திங்கட்கிழமை பெட்டி தூக்க வேண்டும், தூக்கினால் கை போய்விடும் என்று திரும்பவும் முதலிலிருந்து சொன்னான். நான்காவது அழைப்பு வந்தது. கனகசிங்கம் போனைக் காதில் வைத்துக்கொண்டே, குறிப்புத்தாளில் 'சில்லு' என்று எழுதி, அதற்குக் கீழே இரண்டு கோடு இழுத்துக் காட்டினார். பிரதாபன் எழுந்து கும்பிட்டுவிட்டு வந்தான்.

வெக்ஸ்போர்ட்டில் அவர்கள் இருந்த பேஸ்மெண்டில் அன்றிரவு அவனுடைய சட்டைப் பொத்தான்களைக் கழற்றிவிட்டபடி மனைவி நிருஜா கேட்டாள். அவள் முதியோர் இல்லத்தில் வேலை செய்பவள். பகல் முழுவதும் கிழவர்களுக்குப் பொத்தான் போட்டுவிட்டு, இரவில் இந்தக் கடைசி ஆளுக்கு வருவாள்.

"மனுசன் வடிவா விளங்கிக்கொண்டவரே?"

"எழுதிக் கோடும் இழுத்தவர்."

"கோடெண்டால் சரிதான்" என்றாள்.

வெள்ளி பதினொரு மணிவரை பிரதாபன் பொறுத்திருந்தான். பிறகு அழைத்தான். பின்னணியில் யாரோ ஒலிபெருக்கியை வணக்கம் வணக்கம் என்று சோதித்துக்கொண்டிருந்தார்கள்.

"காலமையே நேர அனுப்பிப்போட்டன் தம்பி. தமிழிலயும் இங்கிலீசிலயும். உமக்கொரு கொப்பி பெடியனிட்டக் குடுத்துவிட்டிருக்கிறன், பிறேம் போட்டு. அந்த ஒபீஸ்காறிக்கு உம்மட பலத்தில சந்தேகமாமெல்லே. நான் விடுவனே?"

பிரதாபன் போனை வலது காதுக்கு மாற்றினான்.

பெடியன் கொண்டுவந்த பிறேம் இரண்டடி உயரம். தங்க நிற ஓரம். மேலே மன்றத்தின் சின்னம்: பாயும் சிங்கம், அதன் வாயில் ஓர் எழுத்தாணி. அன்று பின்னேர வேலைக்குப் போகவிருந்த நிருஜா அதைக் கட்டிலில் சாய்த்து வைத்துச் சத்தமாக வாசித்தாள்.

"கீழ்க்கரையில் உதித்துக் கனடிய மண்ணில் கர்ச்சிக்கும் வேங்கை, தொழில்முறை ஆணழகர் பிரதாபன் அவர்கள், எம் செல்வமகளின் பூப்புனித நீராட்டுப் பெருவிழாவில், சில்லுகளின் துணை சிறிதுமின்றி, தம் தோள்வலி ஒன்றையே துணையாகக் கொண்டு பல்லக்கைச் சுமந்து வந்தார் என்பதை, இம்மன்றத்தின் தலைவர் என்ற வகையில் உறுதிப்படுத்துகின்றேன்."

அடியில் கையொப்பம், முத்திரை. ஆங்கிலப் பிரதியிலும் அதே வரி அதே இடத்தில் இருந்தது.

"நல்ல தமிழ்" என்றாள் நிருஜா.

அவன் திரும்பவும் அழைத்தான். பிழையாகிப்போச்சு அண்ணை, திருத்தி ஒன்று அனுப்புங்கோ, இன்னும் அரை மணித்தியாலம் இருக்கிறது என்றான். கனகசிங்கம் குரலைத் தாழ்த்திப் பொறுமையாக விளங்கப்படுத்தினார். மன்றம் கொடுத்த மடலை மன்றமே பொய்யென்று சொன்னால் பிறகு மன்றம் எதற்கு? பல்லக்கைத் தள்ளிக்கொண்டு வந்தோம் என்று ஊருக்குத் தெரிந்தால் துவாரகாவின் முகத்தை யார் பார்ப்பது? போதாததற்கு இந்த மாதம் இன்னும் இரண்டு விழாக்களுக்கு அதே பல்லக்கு ஒப்புக்கொண்டாயிற்று. "உமக்கும் மரியாதையெல்லே தம்பி உது" என்றார். ஒலிபெருக்கியில் அவருடைய பெயரைக் கூப்பிட்டார்கள். வைத்துவிட்டார்.

பன்னிரண்டரைக்குச் செரீனா அழைத்தாள். கடிதம் கிடைத்தது, மிக விளக்கமாக இருக்கிறது, நன்றி என்றாள். அவன் தன் ஆங்கிலத்தில் தெரிந்த மட்டும் சொன்னான். அவள் குறுக்கிடாமல் கேட்டாள். நீ கேட்டுப் பெற்ற கடிதம்தானே இது என்றாள். ஓம் என்றான். முடிவில் திருப்தியில்லாவிட்டால் முறையிடலாம், படிவம் மின்னஞ்சலில் வரும், பதிலுக்கு ஆறு மாதமளவில் ஆகும் என்றாள். வார இறுதி நல்லபடி கழியட்டும் என்றும் சொன்னாள்.

பிறேமை எங்கே வைப்பதென்று தெரியவில்லை. கோப்பைகள் இருந்த அலுமாரிக்கும் சுவருக்கும் இடையில் செருகிவிட்டு, நிருஜா அவனுக்குக் கோழி அவித்து ஆறு டப்பாக்களில் போட்டுவிட்டு வேலைக்குப் போனாள்.

திங்கட்கிழமை ஆறு மணிக்கு வெயார்ஹவுஸ் வெளிச்சமாகவும் குளிராகவும் இருந்தது. மேற்பார்வையாளன் ஜோசுவா காப்புறுதிக் கம்பனி அனுப்பிய தாளைப் பார்த்தான். அதில் எந்தக் கட்டுப்பாடும் எழுதியிருக்கவில்லை. ஏழாம் வரிசை என்றான். ஏழாம் வரிசையில் வருவது பெரிய பெட்டி. மற்றவர்கள் இருவர் இருவராகப் பிடித்து ஏற்றுவது. இன்றைக்கு ஆள் குறைவு, உனக்குத்தான் இது ஒரு பொருட்டில்லையே என்று சொல்லி முதுகில் தட்டினான்.

அடுத்த வரிசையில் நின்ற ஸ்ரீதரன் கையுறையைப் பல்லால் கடித்து இழுத்துப் போட்டுக்கொண்டு சிரித்தான். மன்றம் தன் பக்கத்தில் ஏற்றியிருந்த மடலை அவனும் போனில் பார்த்திருந்தான்.

"பல்லக்கையே தூக்கினனீங்கள் அண்ணை. உது கோழிதானே."

மணி அடித்தது. பெட்டிகளைக் கொண்டுவரும் பட்டி ஓடத் தொடங்கி, முதல் பெட்டி அவனுக்கு முன்னால் வந்து நின்றது. பிரதாபன் வலது கையை அதன் அடியில் கொடுத்தான். பிறகு அதை வெளியே எடுத்தான். தொங்கிக்கொண்டிருந்த இடது கையை வலது கையால் தூக்கிக்கொண்டுபோய்ப் பெட்டியின் மற்ற விளிம்பில் வைத்து, மூன்று விரல்களையும் ஒவ்வொன்றாக மடித்துவிட்டான். பின்னால் இரண்டாவது பெட்டி வந்து முதலாவதில் முட்டியது.