போதும் சொல்லாத ஷாட்

கந்தர்வக்கோட்டை செல்வராணிக்கு 2011 ஜூன் ஏழாம் தேதி மத்தியானத்திலிருந்து வயது ஏறவில்லை. காரணம், அறந்தாங்கிக்கார ஒளிப்பதிவாளர் சந்தோஷ். முந்திரித் தொழிலாளர்கள் பற்றிய ஆவணப்படத்துக்காக, கொட்டை உடைத்துக்கொண்டிருந்த செல்வராணியிடம், "அப்படியே இருங்கக்கா" என்றார். ஷாட் முடிந்ததும் "போதும்க்கா" என்று சொல்லிவிடுவது அவர் வழக்கம். அன்றைக்குப் பாதியில் பேட்டரி தீர்ந்தது. மாற்று பேட்டரியைச் சார்ஜரோடு வீட்டிலேயே விட்டுவந்த பெருமைக்குரியவர், அசடு வழிந்துகொண்டே வண்டியேறிவிட்டார். போதும் சொல்லவில்லை. செல்வராணி சொன்ன பேச்சைக் கேட்பவர். முப்பத்திரண்டிலேயே இருந்தார்.

அந்தப் படம்தான் சந்தோஷுக்குப் பெயர் வாங்கிக் கொடுத்தது. பிறகு கோட்டைப்பட்டினத்துப் படகுகள், வடக்கே செங்கல் சூளைகள், ஒரு விருது, முதுகுவலி, முன்வழுக்கை என்று பதிமூன்று வருஷம் முறையாக ஓடியது. செல்வராணிக்கு ஓடவில்லை. அக்கம்பக்கத்தில் என்ன சோப்பு என்று கேட்டார்கள். ஆதார் போட்டோவைப் புதுப்பிக்கப் போன இடத்தில், மெஷின் பழைய படத்தையே காட்டுகிறது என்று ஆபரேட்டர் அதை இரண்டு தடவை அணைத்துப் போட்டார். அதையெல்லாம் செல்வராணி பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. ஆனால் கணவர் குழந்தைசாமிக்கு வயது கறாராக ஏறி ஐம்பதைத் தாண்டியது. ஒரு நாள் பஸ்ஸில் கண்டக்டர், "மகளுக்கும் சேத்து டிக்கெட்டாண்ணே?" என்று கேட்டார். அதோடு குழந்தைசாமி பத்தடி முன்னால் நடக்க ஆரம்பித்தார். பிறகு சேர்ந்து போவதையே நிறுத்திக்கொண்டார். செல்வராணி சந்தோஷின் நம்பரைத் தேடிப் பிடித்தார்.

"தம்பி, நீங்க சொன்ன மாதிரி அப்படியேதான் இருக்கேன். எப்ப விடுவீங்க?"

போன வருஷம் சந்தோஷ் வந்தார். கேமராவில் பார்த்தால், பழைய ஷாட்டோடு ஒரு மயிரிழை பிசகாத கண்டினியூட்டி. எந்த ஒளிப்பதிவாளருக்கும் இப்படி ஒன்று இரண்டாம் தடவை வாய்க்காது. படத்தின் அடுத்த பாகத்துக்குத் தயாரிப்பாளரும் தயாராக இருந்தார். ஒரே ஒரு ஷாட் எடுத்துக்கொள்ளட்டுமா என்று சந்தோஷ் தலையைச் சொறிந்தார்.

"எடுங்க. எடுத்துட்டு, நான் அவரு பக்கத்துல நடந்து போற மாதிரி பண்ணிட்டுப் போங்க."

சந்தோஷ் பட்டனிலிருந்து விரலை எடுத்தார். "போதும்க்கா. மன்னிச்சுக்கங்க."

டீ ஆறுவதற்குள் பதிமூன்று வருஷமும் வந்து சேர்ந்தது: காதோரம் நரை, கண்ணடியில் கோடு, வலது முட்டியில் வலி. அந்த வருஷங்களுக்குரிய காய்ச்சலும் தலைவலியும் மறுவாரம் மொத்தமாக வந்தன. நர்ஸும் மாத்திரையை மொத்தமாகக் கொடுத்தார். காய்ச்சல் விட்ட அன்று, பக்கத்தில் உட்கார்ந்திருந்த குழந்தைசாமி, துருத்திக்கொண்டு நின்ற நரைமுடி ஒன்றைப் பிடுங்கக் கை நீட்டினார்.

"இருக்கட்டுங்க," என்றார் செல்வராணி. "இப்பத்தானே வந்துச்சு."