செத்துக் காட்டிய மச்சான்

1

இந்தக் கதை எனக்குத் தெருமுனையில் கிடைத்தது. சுவரொட்டியில் ஒரு தியாகி. கீழே, அதே முகம் வாழைப்பழத்துக்குப் பேரம் பேசிக்கொண்டிருந்தது.

முதல் வரி இப்படித்தான் வந்தது: ‘வரலாற்றின் இருண்ட பக்கங்களில்...’ சீச்சீ! அடித்துவிட்டேன். (அந்தப் பக்கங்கள் எப்போதும் இருண்டே கிடக்கின்றனவே, யாராவது எழுந்துபோய் விளக்கைப் போட்டால் என்ன?)

2

ஆவணப்பட இயக்குநர் ஒருவர். வரலாறும் அரசியலும் என்றால் சோறு தண்ணி வேண்டாம் அவருக்கு. ஆலை வாசலில் ஒரு தொழிலாளி சுட்டுக் கொல்லப்பட்டதைப் பற்றித்தான் முதல் படம். பழைய காட்சி எதுவும் கிடைக்கவில்லை. மனைவியின் தம்பியைத் தெருவில் படுக்கவைத்துக் கறுப்பு வெள்ளையில் எடுத்தார்.

“மூச்சு விடாதடா மச்சான்!”

“மூக்குல ஈ உக்காருது மாமா!”

நேர்மையான மனிதர். திரையின் அடியில் ‘நடித்துக் காட்டியது’ என்று எழுத்துப் போட்டார். தொலைக்காட்சிக்காரர்கள் சரியாக அதன்மேலேயே செய்திப் பட்டையை ஓடவிட்டார்கள். தங்கம் விலை ஓடியது, எழுத்து மறைந்தது. அங்கிருந்து அந்தக் காட்சியை எடுத்துக்கொண்டவர்கள் அசல் என்றே எடுத்துக்கொண்டார்கள். மச்சான் பாடப்புத்தகத்தில் ஏறினான். இரண்டு கட்சிகள் “எங்க ஆளு” என்று அடித்துக்கொண்டன. அவனோ ஓட்டுப் போட்டதே இல்லை, அன்றைக்கு லீவு என்று தூங்கிவிடுவான்.

இயக்குநர் மறுப்பு எழுதினார். தியாகியைக் கேவலப்படுத்துகிறார் என்று அவர் வீட்டு வாசலிலேயே ஆர்ப்பாட்டம். அப்புறம் வாழ்நாள் சாதனை விருது அறிவித்தார்கள். மனிதர் கப்சிப்.

3

(இந்த இடத்தில் ஒருத்தியைக் கொண்டுவரத் தயங்கினேன், நையாண்டி கெட்டுவிடும் என்று. அவள் கேட்கவில்லை, வந்துவிட்டாள்.)

சுடப்பட்ட தொழிலாளியின் மகள். அப்போது கைக்குழந்தை. எடிட்டிங் அறை வாசலிலேயே நின்றாள்.

“வீட்டுல அப்பா போட்டோ ஒண்ணுகூட இல்ல சார். அம்மாவும் சீக்கிரமே போயிட்டாங்க. அப்பா முகத்த உங்க படத்துலதான் பாத்தேன். சட்டம் போட்டு மாட்டியிருக்கேன். என் பையனுக்கும் அதே மூக்குன்னு சொல்றாங்க.”

“அது வந்தும்மா...”

“நேத்து பஸ்ல அவரப் பாத்தேன் சார். வயசாயிருக்கு. ஆனா அதே முகம். கூப்பிடுறதுக்குள்ள எறங்கிட்டாரு. எங்கப்பா சாகலையா சார்?”

இயக்குநர் திரையில் ஓடிக்கொண்டிருந்ததை நிறுத்தினார். பாவமாகத்தான் இருந்தது, எனக்கும்.

4

முடிவு ஒன்று: உண்மையைச் சொல்கிறார். அவளுக்கு அப்பா மறுபடியும் சாகிறார், இந்தத் தடவை முகமும் இல்லாமல்.

முடிவு இரண்டு: “ஒரே மாதிரி எத்தனையோ பேர் இருப்பாங்கம்மா” என்கிறார். அவள் வீட்டுச் சுவரில் மச்சான் தொடர்ந்து தொங்குகிறான். விருதும் வருகிறது.

முடிவு மூன்று: மச்சானே உள்ளே வந்து, “அம்மாடி, நான்தான்...” (வேண்டாம். இதை எழுதினால் என் கை அழுகிப் போகும்.)

இயக்குநர் என் பக்கம் திரும்புகிறார். “எழுதுறவர் நீங்கதானே, நீங்களே சொல்லுங்க.” நல்ல ஆள்! நான் வாசகரைப் பார்க்கிறேன். உங்களைத்தான்.

அவள் இன்னும் நின்றுகொண்டிருக்கிறாள். எதைச் சொல்வதென்று முடிவு செய்துகொள்ளுங்கள். அதற்கு முன்னால் அவளை உட்காரச் சொல்லுங்கள். எங்கள் இரண்டு பேருக்கும் அது தோன்றவே இல்லை.