ஞெரலி: அருகிய வழக்கு

1994ஆம் ஆண்டு ஆகஸ்ட் 16ஆம் தேதி, செவ்வாய்க்கிழமை, பகல் பதினொன்றரை மணிக்கு, அகராதி அலுவலகத்தின் இரண்டாம் மாடி அட்டை அறையில் 'ஞெரலி' என்ற சொல் எழுதப்பட்டது. முந்தைய நாள்வரை அப்படியொரு சொல் இல்லை.

எழுதியவருக்கு அப்போது முப்பத்தாறு வயது. சொல்லுக்கு ஓர் அட்டை என்று இரண்டு லட்சத்துக்கு மேற்பட்ட அட்டைகள் அவர் பொறுப்பில் இருந்தன. அலுவலகம் முழுவதற்கும் அவர் அட்டை அக்கா. ஒட்டினால் விடாதவர் என்பதாலும் அந்தப் பெயர் பொருத்தம்தான் என்று மெய்ப்புத் திருத்துபவர் சொல்லிக்கொண்டிருந்தார்.

சொல்லை உண்டாக்கச் சொன்னவர் அன்றைய தலைமைப் பதிப்பாசிரியர். அவரைப் பெரியவர் என்பார்கள். அகராதி வெளிவந்த ஆறே மாதத்தில் வேறொருவர் அதை அப்படியே அள்ளித் தன் பெயரில் போட்டுக்கொள்வது அந்தத் தொழிலில் சகஜம். அள்ளியதை நிரூபிக்க ஒரு வழிதான் உண்டு. உலகத்தில் இல்லாத சொல் ஒன்றை உள்ளே வைத்துவிட வேண்டும். அதே சொல் அடுத்தவன் புத்தகத்திலும் இருந்தால் கையும் களவுமாகப் பிடிக்கலாம். அலுவலகத்தில் அதற்கு 'எலிப்பொறி' என்று பெயர். பதிப்புக்கு ஒன்று. எழுதுகிறவருக்கும் பெரியவருக்கும் மட்டும் தெரியும். அடுத்த பதிப்பில் எடுத்துவிட வேண்டும்.

"ஞ பக்கத்துல வைம்மா. அந்தப் பக்கம் ஈ காக்கா வராது" என்றார் பெரியவர்.

அக்கா எழுதினார்: *ஞெரலி: ஊதுகருவி வகை. சுட்ட மண்ணால் ஆனது. உட்புறம் காரீயம் பூசி, பாதியளவு நீர் நிரப்பி ஊதப்படுவது. அருகிய வழக்கு.*

"ஈயம் எதுக்கு?"

"சும்மா மண் குழல்னா ஏதாவது நிஜக் கருவியோட ஒத்துப்போயிடும் ஐயா. இப்படி ஒண்ணு எங்கயும் இருக்காதுல்ல?"

பெரியவர் சிரித்து, அட்டையின் வலது மூலையில் பென்சிலால் ஒரு புள்ளி வைத்தார். அடுத்த பதிப்பில் நீக்குக என்பதற்கு அதுதான் அடையாளம்.

பெரியவர் 2003இல் இறந்தார். இரண்டாம் பதிப்புக்காக அட்டைகளைக் கணினியில் ஏற்றும் வேலை 2008இல் வெளி ஆட்களிடம் போனது. அந்த நான்கு மாதமும் அக்கா தன் அம்மாவோடு ஆஸ்பத்திரியில் இருந்தார். தட்டச்சு செய்தவர்கள் மையில் இருந்ததை ஏற்றினார்கள். பென்சில் புள்ளியை யாரும் தட்டச்சு செய்ய மாட்டார்கள். திரும்பி வந்த அக்கா அச்சான புத்தகத்தைப் புரட்டி, ஞ பக்கத்தில் தன் சொல்லைப் பார்த்தார். ஒரு சொல்தானே என்று மூடி வைத்துவிட்டார்.

2017 பிப்ரவரியில் ஒரு பெண் அலுவலகப் படியேறி வந்தார். துணி திருத்தும் கடையில் தையல் வேலை. விரலில் தையல் உறையைக் கழற்றாமலே வந்திருந்தார். கூட ஒன்பது வயது மகள். பார்வையாளர் நாற்காலியில் உட்கார்ந்த சிறுமி தன் இடது கையை வலது கையால் எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள்.

"சொல்லுக்கு விளக்கம் கேக்கணும்னா இங்கதான் வரணும்னு கீழ சொன்னாங்க. ஞெரலின்னு ஒரு வாத்தியம்."

அக்கா பேனாவைக் கீழே வைத்தார். "அதைப்பத்தி எதுக்கு?"

"என் வீட்டுக்காரர் அதைத்தான் வாசிக்கிறார். ஆறு வருஷமா."

அவர் சொன்னது இது. கணவர் கழிவறைப் பீங்கான் செய்யும் தொழிற்சாலையில் சூளை வேலை பார்ப்பவர். முன்பு ஓர் இசைக்குழுவில் ஊதிக்கொண்டிருந்தார், குழு கலைந்துவிட்டது. மகள் வளர்ந்தால் உதவும் என்று பழைய புத்தகக் கடையில் வாங்கிய அகராதியில் ஒருநாள் ஞெரலியைக் கண்டார். கையில் சூளை, வாயில் ஊதத் தெம்பு. இதைவிட வேறென்ன வேண்டும்? எட்டு மாதம் உடைத்து உடைத்து ஒன்றைச் செய்துவிட்டார். பத்திரிகைக்காரர்கள் வந்து படமெடுத்தார்கள். அழிந்துபோன கருவியை மீட்டவர் என்று எழுதினார்கள். மகளுக்கும் சின்னதாக ஒன்று செய்து கொடுத்தார்.

"டாக்டர் ரத்தத்துல ஈயம்னுட்டாங்க. அவருக்கு ரெண்டு மணிக்கட்டும் தொங்கிடுச்சு. கிட்னியும் போகுதாம். இவளுக்கு வயித்து வலி, ஸ்கூல்ல எழுத முடியல. அந்தக் குழலைத் தொடவே கூடாதுன்னுட்டாங்க. உள்ள இருக்கிற தண்ணி நாறுதுன்னு எலுமிச்சம்பழம் வேற பிழிஞ்சு ஊத்துவார்ங்க. அதைச் சொன்னதும் டாக்டர் எழுந்தே நின்னுட்டாங்க. புளிப்பு ஈயத்தைக் கரைச்சுடுமாம்."

"அப்புறமும் ஊதுறாரா?"

"ஒளிச்சு வச்சா புதுசு செய்யறார். ஈயம் இல்லாம செய்யுங்களேன்னு கால்ல விழாத குறை. ஈயம் இல்லாட்டி அது ஞெரலியே இல்லை, புத்தகத்துல அப்படித்தான் போட்டிருக்குங்கிறார். பொண்டாட்டி பேச்சு அம்பலம் ஏறுமா? நீங்க ஒரு கடிதம் கொடுங்க மேடம். ஈயம் பூசணும்னு கட்டாயம் இல்லைன்னு. உங்க முத்திரையைப் போட்டு. அவர் உங்களைத்தான் நம்புவார்."

சிறுமி வாயைத் திறந்து கொட்டாவி விட்டாள். ஈறுகளின் ஓரத்தில் கரிக்கோடு போல ஒன்று தெரிந்தது.

"பாப்பா, நீ இப்பவும் வாசிக்கிறியா?" என்று அக்கா கேட்டார்.

"அம்மா கடைக்குப் போனதுக்கு அப்புறம்" என்றாள் சிறுமி. தாய் திரும்பிப் பார்த்தார். அடிக்கவில்லை. தையல் உறையைக் கழற்றிப் பையில் போட்டார்.

அலுவலகத்தின் இப்போதைய இயக்குநர் நாற்பது வயதுக்காரர். அக்கா சொன்னதை முழுதாகக் கேட்டார். பிறகு கதவைச் சாத்தினார்.

"இது யாருக்கெல்லாம் தெரியும்?"

"எனக்கு. பெரியவருக்கு. இப்ப உங்களுக்கு."

"பெரியவர் இல்லை. அப்ப ரெண்டு பேருக்கு. இத்தோட இருக்கட்டும்."

"சார், ஒரு குழந்தை இருக்கு."

"அதுக்கு டாக்டர் இருக்காங்க. அகராதி பொய் சொல்லுச்சுன்னு நான் கையெழுத்துப் போட்டா என்ன ஆகும்? கோர்ட்டுல, ஸ்கூல்ல எல்லாம் நம்ம புத்தகத்தை வச்சுத்தான் பேசுறாங்க. நாளைக்கு எவனாவது வந்து மத்த சொல்லெல்லாம் நிஜமான்னு கேட்டா?"

"ஒரு வரி போதும். ஈயம் அவசியமில்லைன்னு."

"எதை ஆதாரமா வச்சு அக்கா? இல்லாத கருவிக்கு எது அவசியம், எது அவசியமில்லைன்னு நான் எப்படி எழுதறது?" பிறகு கொஞ்சம் தணிந்து சொன்னார்: "ரிட்டயர் ஆக உங்களுக்கு இன்னும் ஒன்பது மாசம். நல்லபடியா முடிச்சிட்டுப் போங்க."

சனிக்கிழமை அக்கா அந்த வீட்டுக்குப் போனார். மூன்றாம் மாடியில் இரண்டு அறை. கூடத்தின் ஒரு சுவர் நெடுக அலமாரி; அதில் பதினான்கு குழல்கள், முழங்கை நீளம், அடி பெருத்து வாய் சிறுத்தவை. ஜன்னலோரம் ஒரு தட்டில் அறுத்த எலுமிச்சை. சூளைக்காரர் எழுந்து வரவேற்றார். கை கூப்ப முயன்றபோது விரல்கள் நிமிரவில்லை; கைகள் இரண்டும் கோழிக் கழுத்து போல மணிக்கட்டிலிருந்து தொங்கின.

"அகராதியிலிருந்தே ஆள் வந்திருக்காங்க பாரு!" என்று மனைவியிடம் சொன்னார். "நீதான் எப்பப் பாரு மண்ணைப் போட்டுக் குழப்புறேன்னு திட்டுவே."

அக்கா பையிலிருந்து ஒரு நோட்டை எடுத்தார். எலிப்பொறிச் சொல்லைப் பெரியவர் குறித்துவைத்த நோட்டு. 1994 பக்கத்தைத் திறந்து அவர் முன்னால் வைத்தார். அசல் அட்டையையும் வைத்தார்.

"இது நான் எழுதினது. அப்படி ஒரு கருவி கிடையாது. திருடறவங்களைப் பிடிக்க ஒரு சொல் வேணும்னாங்க, நான் எழுதினேன். ஈயம்கிறது என் கற்பனை. என்னை மன்னிச்சுக்கங்க. இனிமே அதை வாயில வைக்காதீங்க."

அவர் நோட்டைக் குனிந்து படித்தார். அவசரப்படவில்லை. பிறகு மனைவியைப் பார்த்துச் சிரித்தார்.

"எவ்வளவு கொடுத்தே இவங்களுக்கு?"

"ஐயோ, புத்தி கெட்டுப் பேசாதீங்க! நான் ஏன் கொடுக்கிறேன்?"

"பின்னே? பென்சில்ல எழுதின நோட்டு, தனியா ஒரு அட்டை. முத்திரை இல்லை, கையெழுத்து இல்லை." அக்காவிடம் திரும்பினார். "அம்மா, நான் ஒரு புத்தகத்துல மட்டும் பாக்கலை. மூணு அகராதியில பாத்தேன். மூணுலயும் ஒரே மாதிரி போட்டிருக்கு. மூணு பேரும் சேர்ந்து பொய் சொல்வாங்களா?"

மற்ற இரண்டும் எங்கிருந்து எடுத்தன என்று அக்கா விளக்கத் தொடங்கினார். அவர் கேட்கவில்லை. ஒரு குழலை இரண்டு முன்கைகளுக்கும் நடுவே அணைத்து எடுத்து, துணிப்பட்டையைப் பல்லால் இழுத்து மணிக்கட்டோடு கட்டிக்கொண்டு ஊதினார். தண்ணீருக்கு அடியிலிருந்து யாரோ கூப்பிடுவது போல ஓர் ஒலி எழுந்து, நடுங்கி, இரண்டாகப் பிரிந்து நின்றது. உள் அறைக் கதவருகே சிறுமி வந்து நின்றாள். அவள் உதடு தானாகக் குவிந்தது.

"இது இல்லாத கருவியா?" என்று கேட்டார் அவர். மூச்சு வாங்கியது. "இல்லாததுக்கு எப்படிம்மா இப்படி ஒரு சத்தம்?"

அக்கா நோட்டையும் அட்டையையும் பையில் வைத்தார்.

"அப்படியே இல்லைன்னாலும் புத்தகத்துல இருக்கில்ல. முதல்ல புத்தகத்துல இருந்து எடுங்க. எடுத்துட்டு அந்தப் பக்கத்தைக் கொண்டாந்து காட்டுங்க. அன்னைக்கே அத்தனையையும் உடைச்சிடறேன். என் பொண்ணு மேல சத்தியம்."

மனைவி அந்தச் சத்தியத்தைப் பிடித்துக்கொண்டார். படிக்கட்டில் அக்காவின் கையைப் பற்றி, "எப்ப எடுப்பீங்க?" என்று கேட்டார்.

"மூணாம் பதிப்பு வேலை நடக்குது. ஏப்ரல்ல ஞ பக்கம் வரும். அச்சுக்குப் போற தாளையே கொண்டாந்து காட்டறேன். ஆனா அதுவரைக்கும் பாப்பாவை இங்க வைக்காதீங்க."

மறுவாரம் மனைவி மகளை அழைத்துக்கொண்டு தன் அண்ணன் வீட்டுக்குப் போனார். போகும்போது அலமாரியில் இருந்த பதினான்கையும் படிக்கட்டிலேயே போட்டு உடைத்தார். சூளைக்காரர் தடுக்கவில்லை. களிமண் தொழிற்சாலையில் இருந்தது.

ஏப்ரல் 20ஆம் தேதி ஞ எழுத்துக்கான கூட்டம் நடந்தது. இயக்குநர், அக்கா, மெய்ப்புத் திருத்துபவர், கணினிப் பிரிவுப் பெண் ஆகிய நான்கு பேர். முப்பத்தெட்டு நிமிடத்தில் எழுத்து முடியும் நிலைக்கு வந்தது. அக்கா நீக்கல் பட்டியலில் ஞெரலியைச் சேர்த்திருந்தார்.

"காரணம்?" என்று கேட்டார் இயக்குநர், எதுவும் தெரியாதவர் போல.

"வழக்கில் இல்லாதது."

கணினிப் பெண் திரையைத் திருப்பினார். "வழக்குல இருக்கே அக்கா. நாளிதழ், வார இதழ், ஒரு ஆய்வுக் கட்டுரை. மொத்தம் பதினொரு மேற்கோள் விழுது. தனித்தனி ஆள் எழுதினது."

பதினொன்றும் ஒரே மனிதரைப் பற்றியவை.

மெய்ப்புத் திருத்துபவர் விதிப் புத்தகத்தைப் புரட்டி வாசித்தார்: வெவ்வேறு இடங்களில் அச்சான மூன்று மேற்கோள்கள் உள்ள சொல்லை நீக்கலாகாது. "இது நீங்க எழுதின விதிதானே அக்கா? தொண்ணூத்தெட்டுல. ஒட்டினா விடாதுன்னு நான் அப்பவே சொன்னேன்."

அவர் ஒருவரே சிரித்தார்.

அக்கா எழுந்து நின்றார். நோட்டை மேசைமேல் வைத்து, மற்ற மூன்று பேருக்கும் கேட்கும்படி எல்லாவற்றையும் சொன்னார். கணினிப் பெண் வாயைப் பொத்திக்கொண்டார். மெய்ப்புத் திருத்துபவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். இயக்குநர் மட்டும் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"நீங்க எழுதினப்ப அது பொய். சரி, ஒத்துக்கறேன்" என்றார் கடைசியில். "இப்ப ஒருத்தர் அதைச் செய்யறார், வாசிக்கிறார், பதினொரு பேர் எழுதியிருக்காங்க. இன்னைக்கு அது சொல்தான். இருக்கிற சொல்லை இல்லைன்னு எடுத்தா அதுதான் பொய்."

"அப்ப ஈயத்தையாவது எடுங்க சார். சுட்ட மண்ணால் ஆனதுன்னு மட்டும் போடுங்க."

"பதினொண்ணுலயும் ஈயம் இருக்கு."

"என்னைப் பாத்துத்தானே அவர் பூசினார்! அவரைப் பாத்துத்தானே இவங்க எழுதினாங்க!"

"விதியில அதுக்கு இடமில்லை அக்கா" என்றார் மெய்ப்புத் திருத்துபவர். இம்முறை அவர் குரலில் கேலி இல்லை.

ஞெரலி தக்கவைக்கப்பட்டது. கூட்டக் குறிப்பில் அக்காவின் மறுப்பு ஒரு வரியாகப் பதிவானது.

காட்டுவதற்குத் தாள் இல்லாமல் அக்கா மே மாதத்தில் இரண்டு முறை அந்த வீட்டுக்குப் போனார். முதல் முறை பூட்டியிருந்தது. இரண்டாம் முறை சூளைக்காரர் கதவைத் திறந்தார். உதடு வெளுத்து முகம் வீங்கியிருந்தது. அலமாரியில் புதிதாக மூன்று குழல்கள் இருந்தன.

"எடுத்தாச்சா?" என்றார்.

"இல்லை."

"எனக்குத் தெரியும்" என்று சொல்லி, உட்காரச் சொன்னார். தண்ணீர் கொடுக்க முயன்றார், டம்ளர் விழுந்தது. அக்கா தரையைத் துடைத்துவிட்டு வந்தார்.

சூளைக்காரர் அந்த ஆண்டு அக்டோபர் 3ஆம் தேதி அரசு மருத்துவமனையில் இறந்தார். சிறுநீரகச் செயலிழப்பு என்று சான்றிதழ் சொன்னது. இரண்டு நாளிதழ்கள் செய்தி வெளியிட்டன. மகளின் ரத்தத்தில் ஈயத்தின் அளவு குறைந்தது. இடது கையின் இரண்டு விரல்கள் நிமிரவில்லை. வலது கையால் எழுதுகிறாள்.

அட்டை அக்கா நவம்பரில் ஓய்வு பெற்றார்.

மூன்றாம் பதிப்பு 2018 ஜூனில் வெளிவந்தது. ஞெரலி 611ஆம் பக்கத்தில், இரண்டாம் பத்தியில் உள்ளது. பொருள் மாறவில்லை. 'அருகிய வழக்கு' என்ற குறிப்பு நீக்கப்பட்டுள்ளது. மேற்கோளாகத் தரப்பட்டிருப்பது 2017 அக்டோபர் 4ஆம் தேதி நாளிதழின் இரங்கல் செய்தி.